ஆறு வண்டியா, நெவில் பேரா?

யார் யார் இருந்தார்கள் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

பெரியவர் பழனிசாமி. லாரி முதலாளி.

அவர் தம்பி முருகேசன். அதே லாரிகளை ஓட்டியவர்.

பெரியவரின் மனைவி சரசக்கா.

பெரியவரின் ஒரே மகன். பெங்களூரில் கம்ப்யூட்டர் வேலை. பெயர் நெவில். ஆமாம், நெவில்தான். அந்தப் பெயரைப் பற்றித்தான் இந்த வாரக் கதை.

பத்திரம் எழுதுகிறவர் ஒருவர்.

கடைசியாக நான். லாரி பெயிண்டர். வாராவாரம் இங்கே எழுதுகிறவன், என்னை உங்களுக்குத் தெரியும்.

ஆறு பேர். பெரியவர் வீட்டு ஹால். ஞாயிற்றுக்கிழமை காலை. அண்ணன் தம்பி பாகம் பிரிக்கிறார்கள்.

பாகம் பிரிக்கிற இடத்தில் பெயிண்டருக்கு என்ன வேலை? நானும் அதைத்தான் கேட்டேன்.

"எட்டு வண்டியிலயும் பேரு எழுதுனது நீதான? பேரைப் பத்திப் பேச்சு வரும். வந்து உக்காரு" என்றார் பெரியவர்.

உட்கார்ந்தேன்.

எங்கள் ஊர் பெயர் புதூர். நாமக்கல் பக்கம் வந்து புதூர் என்றால், எந்தப் புதூர் என்று திருப்பிக் கேட்பார்கள். அத்தனை புதூர். எங்கள் புதூருக்கு மட்டும் ஒரு வசதி உண்டு. "நெவில் வண்டிக்காரர் இருக்கற புதூர்" என்று சொன்னால் போதும். கரெக்டாக இறக்கிவிடுவார்கள்.

இந்தப் பெயர் எப்படி இங்கே வந்தது?

இவர்களுடைய அப்பா ஏற்காட்டில் ஒரு காபி எஸ்டேட்டில் டிரைவர். எஸ்டேட் துரையின் பெயர் நெவில். துரை ஊருக்குத் திரும்பிப் போகும்போது பழைய லாரி ஒன்றை டிரைவருக்கே கொடுத்துவிட்டுப் போனார். கதவில் துரையின் பெயர் எழுதியிருந்தது. டிரைவர் அதை அழிக்கவில்லை.

ஏன்? ஓடுகிற வண்டியில் பெயரை அழிக்கக் கூடாது. எங்கள் பக்கம் லாரிக்காரர்கள் அப்படித்தான். எண்ணெய் மாற்றுவார்கள், டயர் மாற்றுவார்கள், எஞ்சினையே மாற்றுவார்கள். பெயரை மட்டும் தொட மாட்டார்கள்.

அந்த ஒரு வண்டி இரண்டானது. எட்டானது. எல்லாவற்றிலும் அதே பெயர். வண்டியிலிருந்து பெயர் இறங்கி ஊருக்குள் நடக்க ஆரம்பித்தது.

அவர்கள் கிணறு நெவில் கிணறு. பஸ் நிற்கிற இடம் நெவில் ஸ்டாப். டீக்கடையில் "ஒரு நெவில்" என்றால் டிகாக்‌ஷன் தூக்கலாக, சர்க்கரை பாதி — அந்த டிரைவர் அப்படிக் குடித்தாராம். அவர்கள் வீட்டு நாய்க்கும் கொஞ்ச நாள் அந்தப் பெயர் இருந்தது. பையனுக்கு வைத்த பிறகு நாய்க்கு மாற்றிவிட்டார்கள்.

கல்யாணப் பத்திரிகையில் 'நெவில் வகையறா' என்றே அச்சடித்தார்கள். குலதெய்வத்தின் பெயருக்குக் கீழே துரையின் பெயர். யாருக்கும் வித்தியாசமாகப் படவில்லை.

எனக்கு ஆங்கிலம் படிக்கத் தெரியாது. வரையத் தெரியும். ஏழு எழுத்து. மஞ்சளில் எழுதி, சிவப்பில் நிழல் கொடுப்பேன். கண்ணை மூடிக்கொண்டு போடுவேன். அது ஒருத்தர் பெயர் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

சரி, ஹாலுக்கு வருவோம்.

பெரிய சண்டை எதுவும் இல்லை. டீசல் பில், டயர், யாரைக் கேட்டு லோடு எடுத்தாய்... இப்படிச் சின்னச் சின்னதாகச் சேர்ந்தது. ஒரு நாள் பெரியவரே பிரித்துக்கொள்ளலாம் என்றார். தம்பி சரி என்றார். அவ்வளவுதான்.

பாகத்துக்கு எங்கள் பக்கம் ஒரு முறை இருக்கிறது. மூத்தவர் கூறு வைக்க வேண்டும். இளையவர் முதலில் எடுக்க வேண்டும். கூறு வைக்கிறவர் கை கோணக் கூடாது என்பதற்காக இந்த ஏற்பாடு. எது மிஞ்சுகிறதோ அதுதானே அவருக்கு?

வீடும் காடும் சுலபமாக முடிந்தன. லாரி வந்தது. எட்டு வண்டி. நாலு நாலு. குழந்தைகூடப் பிரித்துவிடும். ஆனால் பெயர்? பெயரை எப்படி இரண்டாக வெட்டுவது? ஒரே பெயரில் இரண்டு கம்பெனி ஓடினால், ஒருவர் வாங்குகிற கெட்ட பெயர் இன்னொருவர் தலையில் விழும். அதனால் பெயர் ஒருவருக்குத்தான் என்று இரண்டு பேருமே ஒத்துக்கொண்டார்கள்.

பெரியவர் இரண்டு சீட்டுகளை எடுத்து மேஜையில் விரித்து வைத்தார். மடிக்கவில்லை. பத்திரக்காரர் உரக்கப் படித்தார்.

முதல் கூறு: ஆறு வண்டி.

இரண்டாம் கூறு: இரண்டு வண்டி, நெவில் என்ற பெயர்.

எனக்கு உடனே புரிந்தது. பெரியவருக்குப் பெயர் வேண்டும். அதற்காகத் தன் பங்கில் இரண்டு வண்டியை விட்டுக்கொடுக்கிறார். தம்பி ஆறை எடுப்பான், பெயர் தனக்கு மிஞ்சும் என்று கணக்கு. அப்பாவுடைய பெயர். மகனுக்கு வைத்த பெயர். ஒரு மனிதர் அதற்காக இரண்டு லாரியை விடுகிறார் என்றால் அதைப் பேராசை என்று சொல்ல முடியுமா?

"எடு முருகேசா."

"நீங்களே எடுங்கண்ணா."

"அது மொற இல்ல. எளையவன்தான் மொதல்ல எடுக்கோணும்."

முருகேசன் இரண்டு சீட்டையும் பார்த்தார். இரண்டாவது சீட்டை எடுத்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

சரசக்காதான் முதலில் வாயைத் திறந்தார்.

"ஏனுங் கொழுந்தனாரே, கண்ணு தெரியலீங்களா? ஆறுங்கறது ரெண்டை விடப் பெருசுங்க!"

"தெரியுதுங் அண்ணி."

பெரியவரின் முகம் வெளுத்துவிட்டது. "பைத்தியமாடா உனக்கு? எவனாச்சும் ஆறை உட்டுப்போட்டு ரெண்டை எடுப்பானா?"

"நாக்பூர்ல போயி முருகேசன்னு சொன்னா எவனுங்கண்ணா லோடு தருவான்? நெவில்னு சொன்னாத்தான் சேரே போடறான். இந்த முதுகை வெச்சுக்கிட்டு மறுக்கா ஸ்டியரிங் புடிக்க முடியுங்களா?"

இதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். முருகேசன் இருபத்தாறு வருடம் வண்டி ஓட்டியவர். ஜவ்வரிசி ஏற்றிக்கொண்டு நாக்பூர், கொல்கத்தா. இரண்டு வருடம் முன்பு முதுகுத்தண்டில் டிஸ்க் விலகிவிட்டது. இனி லாரி ஓட்டக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து அவர் போனில்தான் பிழைக்கிறார். வண்டி அங்கே போய் இறக்கியதும் திரும்பி வர லோடு பிடித்துக் கொடுப்பார். புக்கிங் ஆபீஸ்காரர்கள் யாருக்கும் முருகேசனைத் தெரியாது. அவர்களுக்கு அவர் 'நெவில் அண்ணா'. அந்தப் பெயர் இருந்தால் வண்டி அன்றைக்கே திரும்பும். இல்லாவிட்டால் மூன்று நாள் காத்துக் கிடக்கும். அண்ணனுக்கு அது பெயர். தம்பிக்கு அது சோறு.

"பையனுக்கு அந்தப் பேரை வெச்சிருக்கறனேடா..." என்றார் பெரியவர். குரல் இறங்கிவிட்டது.

மகன் நெவில் அப்போதுதான் செல்போனிலிருந்து தலையை நிமிர்த்தினான். "அப்பா, நான் எந்தக் கூறுலப்பா வாரேன்?"

பத்திரக்காரர் கண்ணாடியைத் துடைத்தபடியே சொன்னார். "தம்பி பேரு ஆதார்ல இருக்குது. அதைப் பிரிக்க முடியாதுங்க."

முருகேசன்கூடச் சிரித்துவிட்டார். பெரியவர் சிரிக்கவில்லை.

பத்திரக்காரர் வழக்கம்போல ஒரு வரி சேர்த்தார். ஒரு மாதத்துக்குள் அந்த ஆறு வண்டியிலும் நெவில் என்ற பெயரை எடுத்துவிட வேண்டும். யாரும் கேட்கவில்லை. அவராகவே எழுதினார். இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டார்கள். நானும் சாட்சிக் கையெழுத்துப் போட்டேன். எழுதியவனே அழிக்க வேண்டும் என்று எனக்கு அப்புறம்தான் உறைத்தது.

மூன்று வாரம் பெரியவர் வரவில்லை. நாலாவது வாரம் முதல் வண்டி பட்டறைக்கு வந்தது. பெரியவரும் வந்தார். லீவில் வந்திருந்த மகனும் கூட வந்தான்.

பெரியவரின் கையில் ஒரு எலுமிச்சம்பழம். புது வண்டி எடுத்தால் சக்கரத்துக்கு அடியில் பழம் வைப்போம். பெயரை அழிக்கும்போது என்ன வைப்பது? யாருக்குத் தெரியும்? இதுவரை யார் அழித்திருக்கிறார்கள்? கையிலேயே உருட்டிக்கொண்டு நின்றார்.

நான் உப்புத்தாளை எடுத்தேன். கடைசி எழுத்திலிருந்து தேய்க்க ஆரம்பித்தேன். முதல் எழுத்திலிருந்து தேய்க்க எனக்கு மனசு வரவில்லை.

இரண்டு எழுத்து போனதும் பெரியவர் போய் டிரைவர் சீட்டில் ஏறி உட்கார்ந்துகொண்டார். கதவைச் சாத்திக்கொண்டார்.

பட்டறையில் எப்போதும் இரும்படிக்கிற சத்தம். அன்றைக்கு எனக்கு உப்புத்தாள் சத்தம் மட்டும்தான் கேட்டது.

பெயர் போன பிறகு, முன்கண்ணாடிக்கு மேலே வண்டியின் நெற்றி மொட்டையாக நின்றது. பெரியவர் இறங்கி வந்தார்.

"இப்ப என்னத்தை எழுதறது?"

"சாமி பேரு போடலாமுங்க" என்றேன்.

"அது எல்லா வண்டியிலயும் இருக்குது." மகனைப் பார்த்தார். "உன்ற பேரு எந்த ஊருப் பேருடா? என்னமோ போன்ல படிச்சேன்னியே."

நெவில் சொன்னான். எனக்குப் புரிந்த மட்டும் எழுதுகிறேன்.

பிரான்சு தேசத்தில் கடலோரமாக நார்மண்டி என்று ஒரு சீமை. அங்கேதான் இந்தப் பெயர் பிறந்தது. குடும்பம் இருந்த ஊரின் பெயரே குடும்பப் பெயராகிவிட்டது. சுமார் ஆயிரம் வருடம் முன்பு நார்மண்டிக்காரர்கள் கப்பலேறிப் போய் இங்கிலாந்தைப் பிடித்தார்கள். அதன் பின்னால் இந்தப் பெயர்க்காரர்களுக்கு அங்கே நிலம், கோட்டை, பட்டம் எல்லாம் சேர்ந்தது. ராஜாவை ஏற்றுவதும் இறக்குவதும்கூட இவர்கள் கையில் இருந்ததாம். அப்புறம் அந்தப் பெயரைச் சம்பந்தமில்லாதவர்களும் பிள்ளைகளுக்கு வைக்க ஆரம்பித்தார்கள்.

"எங்க ஆபீஸ்லயே இன்னொரு நெவில் இருக்கறான்ப்பா. மங்களூர்க்காரன். மும்பையில ஒரு பார்சிக்காரரு இருக்கறாரு. மூணு பேரு மீட்டிங்ல இருந்தா ஒரே கொழப்பம். என்னைய எல்லாரும் கிறிஸ்டியனான்னு கேப்பாங்க. லாரின்னு சொல்லுவேன்."

"ராசா கதையெல்லாம் இருக்கட்டும்" என்றார் பெரியவர். "அந்த ஊருப் பேருக்கு அர்த்தம் என்ன?"

"புது ஊருங்கப்பா. அவங்க பாசையில அவ்வளவுதான். நம்ம புதூரு மாதிரி."

பெரியவர் கையிலிருந்த பழம் உருளுவதை நிறுத்தியது.

"மறுக்கா சொல்லு."

"புதூருப்பா."

பெரியவர் மொட்டை நெற்றியைப் பார்த்தார். மகனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"பெயிண்டரே, புதூர்னு எழுதப்பா."

நான் யோசித்தேன். கோட்டை, பட்டம், ஆயிரம் வருடம்... எல்லாவற்றையும் தேய்த்துப் பார்த்தால் அடியில் ஒரு புதூர். எங்கேயோ சிலர் காட்டைத் திருத்தி, குடிசை போட்டு, பெயர் வைக்கக்கூட நேரமில்லாமல் புது ஊர் என்று சொல்லியிருப்பார்கள். இங்கேயும் அதைத்தான் செய்தார்கள். அவர்களுக்குக் கோட்டை வந்தது. எங்களுக்கு லாரி வந்தது.

எழுதி முடிக்கிற நேரத்தில் முருகேசன் வந்தார். அவருடைய வண்டிக்குப் பின்கதவு வேலை இருந்தது. நேராக வந்து நெற்றியைப் பார்த்தார்.

எனக்குக் கொஞ்சம் பயம்தான். அண்ணனும் தம்பியும் பிரிந்த நாளிலிருந்து பேசிக்கொள்ளவில்லை.

"இதென்னங்கண்ணா?"

"ஊருப் பேரு" என்றார் பெரியவர். "பத்தரத்துல எழுதுன பேரை எடுத்தாச்சு. ஊருப் பேரை எழுதறதுக்கு உன்னையக் கேக்கோணுமா?"

முருகேசன் மகன் நெவிலைப் பார்த்தார். அவன் வேறு பக்கம் திரும்பிக்கொண்டான். "சித்தப்பா, அந்தப் பேரோட அர்த்தத்தை உங்களுக்கும் வாட்ஸ்அப்ல அனுப்பிச்சேனே..."

"பார்த்தேன் பார்த்தேன்." முருகேசன் சிரிப்பை அடக்கினார். முடியவில்லை. "நாலு வண்டிய உட்டுட்டு வாங்குன பேருங் பெயிண்டரே. இவரு சும்மாவே கொண்டுக்கிட்டுப் போறாரு!"

பெரியவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஒரு மாதத்துக்குப் பிறகு.

முருகேசன் வண்டியைச் சுற்றி ஒரு நடை வந்தார். கதவில் கை வைத்துக்கொண்டு நின்றார்.

"அண்ணா, உங்க வண்டி நாக்பூர் போனா எறக்குனதும் எனக்கு ஒரு போன் பண்ணச் சொல்லுங்க. புக்கிங்ல நம்ம வண்டிதான்னு சொல்லீர்றேன். மூணு நாள் எதுக்குக் கெடக்கோணும்?"

பெரியவர் எலுமிச்சம்பழத்தைத் தம்பி கையில் கொடுத்தார். முருகேசன் குனிய முடியாமல் குனிந்து அதை முன்சக்கரத்துக்கு அடியில் வைத்தார்.

புறப்படும்போது முருகேசன் என்னிடம் வந்தார். "பெயிண்டரே, எழுத்து மட்டும் ஒரே மாதிரி இருக்கட்டுங்க. அதே மஞ்சள். அதே சிவப்பு."

ஏழு எழுத்து வேலை மூன்று எழுத்தாகிவிட்டது. எனக்குத்தான் நஷ்டம். சரி, போகட்டும்.

நேற்றோடு வேலை முடிந்தது. நெவில் இரண்டு. புதூர் ஆறு.

எட்டு வண்டி.