காமிலா விட்டுவிட்ட வசனம்

பதுளையில் அந்தக் காலத்தில் ஹிந்திப் படம் பார்த்த பெண்களில் பாதிப் பேருக்குக் காமிலாவின் பெயர் தெரியாது. ஆனால் அவர்கள் படம் பார்த்து அழுததும் சிரித்ததும் அவளுடைய சொல்லைக் கேட்டுத்தான். இதை ஊரில் யாரிடம் சொல்லியிருந்தாலும் நம்பியிருக்க மாட்டார்கள். அவர்களைப் பொறுத்தவரை கதை சொன்னவர் அவளுடைய புருஷன், டெய்லர் ஜௌபர்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்குத் தியேட்டரில் பெண்களுக்கு மட்டும் தனிக் காட்சி. டவுன் முஸ்லிம் வீட்டுப் பெண்கள் தலையில் முக்காட்டோடு ஒரு பக்கம் வந்து உட்காருவார்கள். ஹாலிஎலப் பக்கத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து பஸ் ஏறி வந்த பெண்கள், தலையில் பூவும் கையில் கடலைச் சரையுமாக இன்னொரு பக்கம். இரண்டு பக்கத்துக்கும் ஹிந்தி ஓர் எழுத்துத் தெரியாது. அதற்காகத் தியேட்டர் முதலாளி ஓர் ஏற்பாடு செய்திருந்தார். படம் ஓட்டும் அறையில் ஜௌபர் மைக்கோடு உட்கார்ந்து, திரையில் பேசி முடிக்க முடிக்க அதைத் தமிழில் சொல்லுவார். நல்ல கனமான குரல். கதாநாயகிக்கு ஒரு மாதிரி, மாமியாருக்கு ஒரு மாதிரி என்று இழுத்து நெளித்துப் பேசமாட்டார். எல்லாரையும் ஒரே குரலில் பேசுவார். அப்படியிருந்தும் யார் பேசுகிறார்கள் என்று யாருக்கும் சந்தேகம் வந்ததில்லை.

அவருக்கு அந்த ஹிந்தி எங்கிருந்து வந்தது என்பதுதான் வீட்டு ரகசியம். காமிலா கொழும்பு மருதானையில் பிறந்தவள். பக்கத்து வீடு உருது பேசும் மேமன் குடும்பம். அந்த வீட்டுப் பிள்ளைகளோடு விளையாடி, சண்டை பிடித்து, அவர்களுடைய தாயிடம் ஏச்சும் வாங்கி வளர்ந்ததில் உருது தன்னால் நாக்கில் ஏறிவிட்டது. சினிமாவில் பேசுவதும் அதுதான் என்று முதல் ஹிந்திப் படம் பார்த்தபோதுதான் அவளுக்குத் தெரிந்தது.

பத்தொன்பது வயதில் கல்யாணம் முடித்து பதுளைக்கு வந்தாள். ஜௌபரின் தையல் கடை தியேட்டரை ஒட்டினாற்போல இருந்தது, நடுவில் ஒரே சுவர். கடைக்குப் பின்னால் வீடு. பிள்ளை குட்டி இல்லை. அந்தக் குறையை இருவரும் வாய்விட்டுப் பேசிக்கொண்டதில்லை. பேசாமலிருப்பதில் இருவருமே கெட்டிக்காரர்கள்.

வாரா வாரம் வியாழக்கிழமை கொழும்பு ரயிலில் புதுப் படத்தின் பெட்டி வரும். பின்னேரம், காட்சி தொடங்குமுன், ஒப்பரேட்டர் பொன்னையா ரீல் அறுந்திருக்கிறதா என்று பார்க்க ஒரு தடவை முழுப் படத்தையும் ஓட்டிப் பார்ப்பார். வெறும் கதிரைகளுக்கு நடுவில் ஜௌபரும் காமிலாவும் மட்டும் உட்கார்ந்திருப்பார்கள். அவள் சொல்லச் சொல்ல அவர் தையல் அளவு எழுதும் கொப்பியில் குறித்துக்கொள்வார். ஞாயிற்றுக்கிழமை அவள் முக்காட்டைப் போட்டுக்கொண்டு பெண்களோடு பெண்ணாகப் போய் உட்கார்ந்து, தன் வாயால் சொன்னதைத் தன் காதாலேயே கேட்பாள். பதினான்கு வருஷம் இப்படியே போயிற்று. கிழமைக்கு ஒருமுறை, வியாழக்கிழமை, புருஷனோடு வெளியே போகும் அந்த மூன்று மணி நேரம்தான் அவளுக்கு ஊர், உலகம் எல்லாம்.

அறுபத்தொன்பதாம் வருஷம் அதற்கு ஆபத்து வந்தது. வந்தவர் காசிம் சேட். கொழும்பிலிருந்து பொத்தான், நூல், லைனிங் துணி கொண்டு வந்து மலைநாட்டுத் தையல் கடைகளுக்குப் போடுகிற மனிதர். நாற்பது வயதிருக்கும், வாய் ஓயாது. கடையில் உட்கார்ந்து தேத்தண்ணி குடித்தபோது, திரைச்சீலைக்குப் பின்னாலிருந்து காமிலா அவருடைய பாஷையிலேயே, மருதானையில் இன்ன குடும்பத்தைத் தெரியுமா என்று கேட்டாள். சேட்டுக்குத் தலைகால் புரியவில்லை. இந்த மலையுச்சியில் உருதுவா என்றார். பேச்சு வளர்ந்தது.

"வெளியே சுவரொட்டியில் உங்கள் கணவர் ஹிந்திப் படத்துக்குக் கதை சொல்கிறார் என்று போட்டிருக்கிறதே, அவருக்கும் பாஷை தெரியுமா?" என்று சேட் உருதுவில் கேட்டார்.

"எங்கே தெரியும்? நான் வீட்டில் ஒரு கிளி வளர்க்கிறேன். வியாழக்கிழமை சொல்லிக்கொடுத்தால் ஞாயிற்றுக்கிழமை பேசும்" என்றாள் காமிலா, அதே பாஷையில்.

சேட் தொடையில் தட்டிச் சிரித்தார். அவளும் சிரித்தாள். நெடுநாளாகப் பேசாத பாஷையைப் பேசிய சந்தோஷத்தில், சிறுபிள்ளை மாதிரி, நிறுத்த முடியாமல் சிரித்தாள். ஜௌபர் மெஷினை மிதித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்தும் பார்க்கவில்லை.

அன்றைக்கு மூடிய வாய்தான். சோறு வைத்தால் சாப்பிட்டார், தண்ணீர் வைத்தால் குடித்தார். அவளோடு ஒரு சொல் பேசவில்லை. சேட் என்ன கேட்டார், நீ என்ன சொன்னாய் என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அவள் ஏதாவது சொல்லி மழுப்பியிருப்பாள். அவர் கேட்கவேயில்லை. காமிலாவுக்கு முதல் நாள் பயமாக இருந்தது. மூன்றாம் நாள் கோபம் வந்தது. அந்நிய ஆம்பிளையோடு நாலு வார்த்தை பேசிச் சிரித்ததற்கு இந்த மனிதர் சந்தேகப்படுகிறாரே, பதினான்கு வருஷம் பார்த்தது போதாதா என்று உள்ளுக்குள் கொதித்தாள். நானாகப் போய்ச் சமாதானம் பேசினால் குற்றத்தை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும் என்று அவளும் வாயைப் பூட்டிக்கொண்டாள்.

வியாழக்கிழமைகள் மட்டும் நிற்கவில்லை. அவர் வாசலில் வந்து நிற்பார், அவள் எழுந்து போவாள். தியேட்டரில் ஒரு கதிரை இடைவெளி விட்டு உட்கார்ந்து, கந்தோரில் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவள் மாதிரி அவள் சொல்லுவாள். அவர் குறித்துக்கொள்வார். இந்த வருஷத்தோடு இதுவும் முடிந்துவிடுமோ என்ற பயம் அவளைத் தின்றது.

மூன்றாவது வியாழக்கிழமை வந்த படம், இவர்கள் வீட்டை எட்டிப் பார்த்து எடுத்த மாதிரி இருந்தது. டாக்டர் ஒருவன். அழகான மனைவி. அவளோடு படித்த பழைய சிநேகிதன் ஒருவன் வந்து போகிறான். டாக்டருக்குச் சந்தேகம் முளைக்கிறது. அவளுடைய சிரிப்பைக்கூடக் கணக்குப் பார்க்கிறான். கடைசியில் வீட்டைவிட்டுத் துரத்திவிடுகிறான். பல வருஷம் கழித்து உண்மை தெரிந்து, ரயில் நிலையத்தில் அவள் முன்னால் வந்து தலைகுனிந்து மன்னிப்புக் கேட்கிறான். அவள் முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு நீளமாக ஏதோ பேசுகிறாள்.

அவள் பேசியது இதுதான்: "சந்தேகப்பட்டது உங்கள் பிழை. உங்கள் மனதில் என்ன இருக்கிறது என்று கேட்காமல், வீம்புக்கு வாயை மூடிக்கொண்டிருந்தது என் பிழை. பாதியை நானும் சுமக்கிறேன்."

காமிலா கேட்டாள். பிறகு, பதினான்கு வருஷத்தில் செய்யாத ஒன்றைச் செய்தாள்.

"அவ எனத்த செல்ற?" என்று ஜௌபர் கொப்பியைப் பார்த்தபடி கேட்டார்.

"நான் ஒரு பிழையும் செய்யல்ல. எல்லாம் உங்கட பிழைதான். சந்தேகப்பட்டவர்தான் அழணும், நான் எதுக்கு அழணும்? இதத்தான் செல்றா."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

ஜௌபர் எழுதிக்கொண்டார். காமிலாவுக்கு மனம் குளிர்ந்தது. வீட்டில் கேட்க வேண்டியவர் கேட்கவில்லை அல்லவா, ஞாயிற்றுக்கிழமை முந்நூறு பெண்களுக்கு முன்னால், மைக்கில், தன் வாயாலேயே சொல்லட்டும். கிளி சொல்லியே ஆக வேண்டும். அதை நினைத்து அவள் இரண்டு நாள் நிம்மதியாகத் தூங்கினாள் என்று சொன்னால் அவளைப் பற்றி நீங்கள் கெட்டவிதமாக நினைக்கக்கூடாது. மூன்று வாரம் யாரோடும் பேசாமல் ஒரு வீட்டில் இருந்து பார்த்தால்தான் அது தெரியும்.

ஞாயிற்றுக்கிழமை தியேட்டர் நிறைந்திருந்தது. காமிலாவுக்குப் பக்கத்தில் வழக்கம்போல இராக்கம்மா வந்து உட்கார்ந்தாள். ஹாலிஎலப் பக்கத் தோட்டத்தில் கொழுந்து எடுப்பவள். ஐந்து வருஷமாக இருவரும் பக்கத்துப் பக்கத்துக் கதிரை. காமிலா கதைக்காரருடைய சம்சாரம் என்று மட்டும் அவளுக்குத் தெரியும்.

"இன்னைக்குச் சோகப் படமாங்கம்மா? ரெண்டு முந்தானை வேணும்போல இருக்கே" என்றாள்.

படம் போகப் போகப் பெண்கள் டாக்டரைத் திட்டினார்கள். இராக்கம்மா கடலை தின்பதை மறந்துவிட்டாள். காமிலா ரயில் நிலையத்துக்காகக் காத்திருந்தாள். அது வந்தது. டாக்டர் தலைகுனிந்தான். மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டு பேசினாள். அவள் பேசி முடிந்த பிறகும் ஒலிபெருக்கியில் சத்தமில்லை. பிறகு ஜௌபரின் குரல் வந்தது.

"சந்தேகப்பட்டது உங்கள் பிழை. உங்கள் மனதில் என்ன இருக்கிறது என்று கேட்காமல், வீம்புக்கு வாயை மூடிக்கொண்டிருந்தது என் பிழை. பாதியை நானும் சுமக்கிறேன்."

ஒரு சொல் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. அவள் சொல்லிக்கொடுக்காததை அவர் சொல்லிவிட்டார். அப்படியானால் அவருக்கு ஹிந்தி விளங்குகிறது. கடைச் சுவரும் தியேட்டர் சுவரும் ஒன்று என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. ஒவ்வொரு படமும், வியாழக்கிழமை அவள் சொன்ன அர்த்தத்தோடு, நாள்தோறும் அந்தச் சுவர் வழியாக அவர் காதுக்குள் போயிருக்கிறது, பதினான்கு வருஷம். அடுத்த நொடி, சேட்டிடம் தான் சொன்னது நினைவுக்கு வந்தது. கிளி. அவர் மெஷினை மிதித்துக்கொண்டே ஒவ்வொரு சொல்லையும் கேட்டிருக்கிறார். மூன்று வாரம் அவர் சந்தேகத்தில் வாய் மூடியிருக்கவில்லை. அவமானத்தில் மூடியிருந்திருக்கிறார்.

"பாருங்கம்மா, எம்புட்டு பெருந்தன்மையா பேசுது அந்தப் பொண்ணு" என்று இராக்கம்மா கண்ணைத் துடைத்தாள். "எங்க வீட்டுல நாங்க ரெண்டு பேரும் இப்பிடித்தான் மொறைச்சிக்கிட்டுக் கெடந்தோம். யாரு மொதல்ல பேசுறதுன்னு. அவரு செத்தே போயிட்டாரு. ஏங்கம்மா, நீங்க ஏன் இப்பிடி அழுவுறீங்க? அவுங்கதான் சேர்ந்துட்டாங்களே."

படம் முடிந்து விளக்குப் போடும்வரை காமிலா முக்காட்டை முகத்தின்மேல் இழுத்து வைத்துக்கொண்டிருந்தாள். வெட்கம் அவளைப் பிடுங்கித் தின்றது.

பகல் சோற்றுக்கு ஜௌபர் வந்து உட்கார்ந்தார். அவள் சோறு போடவில்லை. எதிரில் நின்றாள்.

"எப்ப இருந்து உங்களுக்கு விளங்குது?"

அவர் கையைக் கழுவிக்கொண்டே சொன்னார். "ஆறேழு வருஷமா இரிக்கும். கிளிக்கும் காது இரிக்கிதானே."

அந்தச் சொல்லை அவர் வாயால் கேட்டதும் அவள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். "மாப் செய்யுங்க" என்றாள். "மிச்சம் பெரிய பிழை செஞ்சிட்டன். நான் நெனச்சது, நீங்க அந்த மனிசன வெச்சி என்னைச் சந்தேகப்படுறீங்கண்டு."

"சந்தேகமெல்லாம் இல்ல." அவர் வெறும் தட்டைத் தள்ளி வைத்தார். "ஆனா பொறாமை இல்லண்டு செல்ல ஏலா. நீங்க அண்டைக்குச் சிரிச்ச மாதிரி என்னோட ஒரு நாளும் சிரிச்சதில்ல. அதுவும் என்னையே வெச்சிச் சிரிச்சீங்க. அதுதான் தாங்க ஏலாமப் போச்சு."

அது உண்மை என்று அவளுக்குத் தெரிந்தது.

"நான் கேட்டிருக்கணும்" என்றார் அவர். "பாதி என்ட. சோத்தைப் போடுங்க."

சோறு போட்டாள். பேச்சு வந்துவிட்டது. ஆனாலும் அந்த வாரம் முழுவதும் அவள் மனம் அமைதியாக இல்லை. அவருக்கே எல்லாம் விளங்கும் என்று வெளியே வந்தாயிற்று. இனி அவர் தனியாகவே போய்ப் படம் பார்த்துக் குறித்துக்கொள்ளலாம். வியாழக்கிழமை போய்விட்டது, தன் வாயாலேயே அதைக் கெடுத்துக்கொண்டேன் என்று எண்ணி எண்ணி மாய்ந்தாள்.

வியாழன் பின்னேரம் மூன்று மணிக்கு மெஷின் சத்தம் நின்றது. ஜௌபர் சட்டை மாற்றிக்கொண்டு வாசலில் வந்து நின்றார்.

"பெட்டி வந்திரிச்சி. போவமா?"

"உங்களுக்குத்தான் எல்லாம் விளங்குதே" என்றாள் காமிலா. "நான் எதுக்கு?"

"ஆறேழு வருஷமா விளங்குது. அப்பவும் கூட்டிக்கிட்டுத்தானே போனன்?"

அவள் முக்காட்டைத் தேடுகிற சாக்கில் உள்ளே போய்க் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்தாள்.

அன்றைக்கு அவர்களுக்கு நடுவில் வெறும் கதிரை இல்லை. திரையில் ஒரு கதாநாயகன் காதலியின் கையைப் பிடித்து, நீ இல்லாமல் ஒரு நாளும் வாழமாட்டேன் என்றான். ஜௌபர் கொப்பியை விரித்து, வழக்கம்போலத் தலையைச் சாய்த்து, "எனத்த செல்றான்?" என்று கேட்டார்.

"பசிக்குதாம். வட்டிலாப்பம் இரிக்கிதாண்டு கேக்குறான்" என்றாள் காமிலா.

அவர் அதை அப்படியே கொப்பியில் எழுதினார். அதைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்தது. முக்காட்டு நுனியை வாயில் வைத்து அடக்கியும் நிற்கவில்லை. மேலே அறையிலிருந்த பொன்னையா அந்தச் சிரிப்பைக் கேட்டு, ரீல்தான் ஏதோ கோளாறு பண்ணுகிறது என்று நினைத்துப் படத்தை நிறுத்திவிட்டார். வெளிச்சம் வந்த பிறகும் இரண்டு பேரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.