தடித்த எழுத்தில் ஒரு பெயர்

கோரல் டிம்ஸ் கான்பெராவில் இருபத்தாறு ஆண்டுகள் செய்த வேலை இதுதான்: ஆட்சி அமையும்போதும் மாறும்போதும் அமைச்சர் பட்டியலைத் தட்டச்சு செய்து தருவது. கேபினட் அமைச்சர்களின் பெயர் தடித்த எழுத்தில் இருக்கும். பதவி உண்டு, கேபினட் அறையில் நாற்காலி இல்லை என்ற நிலையில் உள்ள வெளிவட்ட அமைச்சர்களின் பெயர் சாதாரண எழுத்தில் இருக்கும். இரு வகையினரையும் பிரித்துக்காட்ட வேறு அடையாளம் எதுவும் பட்டியலில் கிடையாது.

அவர் வெற்றுத்தாளில் தொடங்கியதே இல்லை. பழைய பட்டியலைத் திறந்து, பழைய பெயரை அழித்து, அதே இடத்தில் புதுப் பெயரை அடிப்பார். இலாகாக்களின் நீண்ட பெயர்களில் பிழை நேராதிருக்க அலுவலகம் முழுவதும் கைக்கொண்ட வழி அது.

அந்த ஆண்டு இரு கட்சிக் கூட்டணி பதினொரு நாள் இழுபறிக்குப் பின்னரே அமைந்தது. சிறிய கட்சிக்குக் கேபினட்டில் நான்கு இடமா, ஐந்தா என்பதே சண்டை. நான்கு என்று கையெழுத்தாகி இரண்டு நாள்கூட ஆகவில்லை.

பதவியேற்பு காலை பதினொரு மணிக்கு. ஒன்பதரைக்குள் நாற்பது பிரதிகளையும் மண்டபத்து நாற்காலிகளில் வைத்து முடித்த கோரல், கடைசி நாற்காலியில் வைத்ததை எடுத்து மேலோட்டமாகப் பார்த்தார். சாலைகள் இலாகாவுக்கு நேரே எரல் பிக்கரிங் என்ற பெயர் தடித்திருந்தது. பிக்கரிங் சிறிய கட்சிக்காரர், வெளிவட்டம். முந்தைய ஆட்சியில் அந்த வரியில் இருந்தவர் கேபினட் அமைச்சர். அவர் பெயர் அழிந்திருந்தது, தடிமன் அழியவில்லை.

சிறிய கட்சியின் தடித்த பெயர்களை விரலால் எண்ணினார். ஐந்து. மறுபடி எண்ணினார்.

மேலதிகாரி டெஸ்மண்ட் க்வேஃப் வாசலில் தேநீருடன் நின்றிருந்தார்.

"டெஸ், பிக்கரிங் பேரு தடிச்சிருக்கு."

"இருந்தா என்ன... ஐயோ. அஞ்சா?"

"அஞ்சு."

"பத்தரைக்கு நிருபருங்க உள்ள வந்துடுவாங்க. இது அவங்க கையில கிடைச்சா அவ்வளவுதான். அப்புறம் திருத்தினா, குடுத்ததைப் பிடுங்கிட்டாங்கன்னு அந்தக் கட்சி குதிக்கும். மத்தியானச் சாப்பாட்டுக்குள்ள கூட்டணி இருக்காது. உன் வேலையும் இருக்காது, கோரல். ஓடு, பொறுக்கு!"

ஓய்வுக்கு ஒன்றரை ஆண்டு இருந்தது. கோரல் வரிசை வரிசையாகக் குனிந்து பொறுக்கினார். முப்பத்தொன்பது கிடைத்தன. இன்னொன்று மூன்றாம் வரிசையில் இருந்தது. தாமதமாகிவிடுமோ என்று குவீன்ஸ்லாந்திலிருந்து முந்தின நாளே வந்து, கதவு திறந்ததும் உட்கார்ந்துவிட்ட பிக்கரிங் தம்பதியின் கையில்.

"மன்னிக்கணும், மிஸ்டர் பிக்கரிங்..."

"எரல்னு கூப்பிடு, கண்ணு. இங்க பாரு, க்வெண்டா இந்தத் தாளுக்கு முத்தம் குடுக்காத குறைதான்! தலைவர் போன்ல வெளிவட்டம்னுதான் சொன்னாரு. கடைசி நேரத்துல மனசு மாறியிருக்காரு, மனுஷன்."

தாளை மட்டும் மாற்றிக் கொடுத்துவிட்டு நகர்ந்துவிடலாம் என்று கோரலுக்குத் தோன்றியது. ஆனால் கேபினட்டுக்குத்தான் முதலில் பிரமாணம். அந்த வரிசையில் இவர் கேமராக்களுக்கு முன்னால் எழுந்து நின்றுவிட்டால்?

"அவரு மனசு மாறல. தப்பு என்னோடது. பழைய பட்டியல் மேலயே அடிச்சேன். நீங்க... வெளிவட்டம்தான்."

க்வெண்டா தாளை நான்காக மடித்துக் கைப்பையில் போட்டார். பை 'டக்' என்று மூடியது. எரல் முழங்காலில் இருந்த தொப்பியைப் பார்த்தபடியே கேட்டார்.

"வேற யாருக்குத் தெரியும்?"

"டெஸ்மண்டுக்கு. உங்க ரெண்டு பேருக்கு."

"என் தம்பிக்கும் தெரியும். இப்பத்தான் போன் பண்ணேன். அவன் வாய் இருக்கே, இந்நேரம் ஊரு ரேடியோ வரைக்கும் போயிருக்கும்."

எரல் போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார். கண்ணாடிக் கதவுக்கு அப்பால் அவர் வாய் அசைவது தெரிந்தது. சொல் எதுவும் கேட்கவில்லை. மணி பத்து பதினைந்து. நிருபர்களின் கார்கள் வந்து நின்றன. பத்து இருபதுக்குத்தான் அவர் திரும்பினார்.

"கண்ணாடி போடாம படிச்சுட்டேன்னு சொல்லிட்டேன். ரேடியோவுக்கு இன்னும் போகல. சாகுற வரைக்கும் என்னைக் கிண்டல் பண்ணியே கொல்லுவான்."

"அந்தத் தாள்..." என்று கோரல் தொடங்கினார்.

"அது என்கிட்டயே இருக்கட்டும்," என்றார் க்வெண்டா, நிமிர்ந்து பார்க்காமலே. "யாருக்கும் காட்ட மாட்டேன். கேக்காதீங்க."

திருத்திய பிரதிகள் பத்து இருபத்தெட்டுக்கு நாற்காலிகளில் இருந்தன. எரல் பிக்கரிங் வெளிவட்ட வரிசையில் ஏழாவதாக எழுந்து, தெளிவான குரலில் பிரமாணம் எடுத்தார்.

மதியம் கோரல், பட்டியல் பிரதிகளின் கணக்கை எழுதும் பதிவேட்டைத் திறந்தார். "நாற்பதும் அழிக்கப்பட்டன" என்று எழுதினால் எவரும் சரிபார்க்கப் போவதில்லை. அவர் எழுதியது வேறு: "பிழைப் பிரதிகள் நாற்பது. அழித்தவை முப்பத்தொன்பது. ஒன்று திரும்பப் பெறப்படவில்லை. பிழை என்னுடையது. கோ. டிம்ஸ்."

டெஸ்மண்ட் அதை இருமுறை படித்தார்.

"உனக்குப் பைத்தியமா, கோரல்?"

"இருக்கலாம்."

நெடுநேரம் பேனாவை உருட்டிக்கொண்டிருந்துவிட்டு அவரும் கீழே சுருக்கொப்பம் இட்டார்.

அடுத்த ஒன்றரை ஆண்டில் அமைச்சரவை மூன்று முறை மாறியது. மூன்று பட்டியல்களையும் கோரல் வெற்றுத்தாளில் அடித்தார். மேசைத் தொலைபேசி ஒலிக்கும்போதெல்லாம், க்வெண்டாவின் பையில் போன தாள் வெளியே வந்துவிட்டதோ என்று, எடுப்பதற்கு முன் ஒரு கணம் கையை மடியிலேயே வைத்திருப்பார்.