கிணற்றைக் கொண்டெம் பண்ணின கதை

இந்த வாரம் எனக்குக் கோபம். முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வழக்கம்போலச் சிரிக்கலாம் என்று பத்திரிகையை விரித்தவர்கள் பக்கத்துப் பத்தியில் ரயில் நேரம் பார்த்துக்கொள்ளலாம்.

போன செவ்வாய்க்கிழமை காலையில் பள்ளிமுனையில், என் தங்கச்சி பிலோமினாவின் வாசலுக்கு நேரே இருக்கிற தெருக்கிணற்றில் சர்க்கார் ஆட்கள் ஒரு பலகையை அடித்துவிட்டுப் போனார்கள். வெள்ளைப் பலகை. சிவப்பு எழுத்து. இங்கிலீசில் ஒரே ஒரு சொல்.

இந்தச் சவிரி ஐந்தாம் வகுப்போடு நின்றவன். ஆனாலும் இந்தச் சொல்லை வாசிக்க எனக்குப் பெரிய படிப்பு வேண்டாம். பதினாறு வருசமாக ரயில் கூட்ஸ் ஷெட்டில் வேலை செய்கிறவனுக்கு அது அன்றாடம் கண்ணில் படுகிற சொல்; இனி உதவாது என்று சர்க்கார் கழித்துவிடுகிற எதிலும் எழுதுகிற சொல்.

கொண்டெம்.

பலகையோடு இரண்டு வண்டில் மணலும் வந்து இறங்கியது. திங்கட்கிழமை கிணற்றைத் தூர்க்கப் போகிறோம் என்றார்கள்!

எங்கள் மன்னார்த் தீவில் எந்த இடத்தில் தோண்டினாலும் தண்ணீர் வரும். வாயில் வைக்க முடியுமா என்பதுதான் கேள்வி. பள்ளிமுனையில் மூன்று பக்கமும் கடல். அதற்குள்ளே சர்வேசுரன் எங்களுக்கென்று ஒரு நல்ல ஊற்றைத் திறந்து வைத்திருக்கிறார். இருபத்திரண்டு வீடு அதை நம்பியிருக்கிறது. இனி ரயில் பாதைக்கு அப்பால் முக்கால் மைல் நடக்க வேண்டும். பிலோமினாவுக்கு இது ஏழாம் மாதம். புருசன் வாடி என்கிற கரைக்குடிசை போட்டு அக்கரையில் மீன்பிடிக்கப் போனவன். வர இன்னும் நாள் இருக்கிறது. இரண்டு குடம் தூக்கி வந்தால்தான் உலை வைக்கலாம்.

ஒரு சொல்லுக்கு இத்தனை வலிமையா?

எங்கள் ஷெட்டில் இந்தச் சொல்லுக்கு இப்படி ஒரு குரூரமே கிடையாது என்பதுதான் எனக்கு ஆத்திரம். அங்கே அது என்ன பாடு படுகிறது, கேளுங்கள்.

ஒரு சரக்கு ரயில் வாகனின் அடிப்பலகை உக்கிப்போனால் கொண்டெம். உடனே எரித்துவிடுவார்கள் என்றா நினைக்கிறீர்கள்? சில்லைக் கழற்றிவிட்டுப் பாதையோரம் வைத்தார்கள். இப்போது அதற்குள் ஒரு குடும்பம் இருக்கிறது. சன்னலுக்குச் சீலை கட்டி, முன்னால் கனகாம்பரம் நட்டு… பார்த்தால் பொறாமையாக இருக்கும்.

தண்டவாளத்துக்குக் கீழே போடுகிற சிலிப்பர் கட்டை வெடித்தால் அதுவும் கொண்டெம். மன்னார்ப் பட்டினத்து ஆட்டுக் கொட்டில்களில் பாதி அந்தக் கட்டையில்தான் நிற்கிறது. மழையில் நனைந்த அரிசிச் சாக்கும் கொண்டெம். ஏலத்தில் எடுத்துக் காயவைத்துப் பொங்கித் தின்றோம். வெள்ளைக்காரத் துரைமாருக்கு ஆகாத அரிசி எங்கள் வயிற்றுக்குச் சுகமாகவே இறங்கியது.

ஆளைக்கூடக் கொண்டெம் பண்ணுவார்கள். எங்களோடு மூட்டை தூக்கின ஒரு கிழவரை டொக்டர்மார் மூன்று பேர் சுற்றி நின்று தட்டிப் பார்த்து, இனிச் சரிவராது என்று எழுதினார்கள். அவர் அடுத்த கிழமையே வள்ளம் தள்ளிக்கொண்டு கடலுக்குப் போனார். இன்றைக்கும் போகிறார்.

ஆக, சர்க்கார் சொத்துக்குக் கொண்டெம் என்றால் என்ன கருத்து? எனக்கு வேண்டாம், நீ எடுத்துக்கொள். எங்கள் சொத்துக்குக் கொண்டெம் என்றால்? எனக்கும் வேண்டாம், உனக்கும் வேண்டாம் — போடு மணலை!

எங்கள் பங்குச் சுவாமியாரிடமும் கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டு, "நடுத்தீர்வை நாளிலை இடது பக்கம் நிக்கிற ஆக்களுக்குச் சொல்லுற சொல்லடாப்பா அது," என்றார். சரி. ஆனால் நரகத்துக்குப் போகிற அந்தப் பாவிக்குக்கூட ஒரு விசாரணை உண்டு. சாகும் முன் பாவத்தைச் சொல்லி மன்னிப்பு வாங்க ஒரு பாவசங்கீர்த்தனம் உண்டு. கிணற்றிடம் யார் விசாரித்தார்கள்?

இவ்வளவு நேரமும் மற்றவர்களை ஏசினேன். இனி உண்மையைச் சொல்ல வேண்டும்.

தண்ணீரைச் சோதிக்கிற உத்தியோகத்தர் யாழ்ப்பாணப் பக்கத்துத் தமிழர். தொப்பி, சைக்கிள், தோல் பெட்டி. ஒரு மாதத்துக்கு முன் முதல் தடவை வெறுமனே பார்வையிட வந்தபோது, கிணற்றுத் தூணில் நாங்கள் ஒட்டியிருந்த அந்தோனியார் படத்தைப் பார்த்துவிட்டு, "இவரோ இஞ்சை கிருமி பாக்கிறவர்?" என்று கேட்டார். கூட வந்த பியூன் விழுந்து விழுந்து சிரித்தான். எனக்குக் காது சுட்டது. ஆனால் நானும் பல்லைக் காட்டினேன். அதை இப்போது நினைத்தால்…

அடுத்த புதன்கிழமை மத்தியானம் போத்தலோடு வருவேன் என்று சொல்லிவிட்டுப் போனார்.

எங்கள் தெருவில் ஒரு வழக்கம் இருக்கிறது. உயிர்த்த ஞாயிறுக்கு முந்தின தபசு காலத்தில் வருசத்துக்கு ஒருமுறை சுவாமியாரிடம் உப்பு மந்திரித்து வாங்கி, வீட்டுக்கு ஒரு சிரட்டையாகக் கிணற்றில் போடுவோம். பின்னேரம் செபமாலை சொல்லிப் போட்டுவிட்டு ஓலைப் பாயால் மூடிவிடுவோம். மறுநாள் காலையில் அந்தத் தண்ணீர் முழுவதையும் பனையோலைப் பட்டையால் இறைத்துப் பனையடியில் ஊற்றிவிடுவோம். மத்தியானத்துக்குள் புது ஊற்று வந்து நிறைந்துவிடும். அதன் பிறகுதான் குடிப்பது. எங்கள் பாட்டன் பூட்டன் காலத்திலிருந்து இப்படித்தான்.

இந்த வருசம் தபசு காலத்தில் ஒருமுறை போட்டாயிற்று. ஆனால் சோதனை என்றதும் பெண்களுக்குப் பயம் பிடித்துவிட்டது. சோதனைக்குப் போகிற பிள்ளைக்கு நெற்றியில் சிலுவை போட்டு அனுப்புவதில்லையா? அதுபோல, கிணற்றுக்கும் இன்னொருமுறை மந்திரித்து உப்புப் போடுவோம் என்று சொன்னவள் பிலோமினா. நல்ல யோசனை என்று முன்னுக்கு நின்றவன் நான்! செவ்வாய் பின்னேரம் இருபத்திரண்டு சிரட்டை உப்பும் விழுந்தது. கோடை காலம், கிணற்றில் முழங்கால் தண்ணீர்தான். புதன் காலை இறைத்துவிட்டால் அந்த உத்தியோகத்துத் துரை மத்தியானம் வரும்போது ஊற்றுத் தண்ணீர் பளிங்குபோல நிற்கும். கணக்குச் சரிதானே?

துரை காலை ஏழு மணிக்கே வந்துவிட்டார்.

நாங்கள் பாயை அப்போதுதான் எடுத்திருந்தோம். பட்டை இன்னும் கயிற்றில் கட்டவில்லை. அவர் சைக்கிளைச் சாத்திவிட்டுப் பெட்டியைத் திறந்தார். பிலோமினா ஓடி வந்தாள்.

"ஐயா, இப்ப எடுக்காதேங்கோ ஐயா. மத்தியானம் வாங்கோ. நேற்றுத்தான் நாங்கள் உப்பு—"

"என்ன சொல்லுறா?" என்று அவர் என் பக்கம் திரும்பினார்.

எனக்கு அந்தச் சிரிப்பு ஞாபகம் வந்தது. மந்திரித்த உப்பு என்று சொன்னால் இந்த மனுசன் என்ன சொல்வார்? பியூன் எப்படிச் சிரிப்பான்? நானும் ஒரு சர்க்கார் உத்தியோகக்காரன் அல்லவா, அவருக்கு முன்னால் சேட்டுப் போட்டு நிற்கிறேன் அல்லவா…

"ஒண்டுமில்லை ஐயா. பெம்பிளையளின்ரை கதை. நீங்கள் எடுங்கோ," என்றேன்.

"அண்ணை!" என்றாள் அவள்.

"நீ பேசாமல் இரு!"

அவர் போத்தலை நிரப்பினார். மூடினார். ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்திருந்தால் அந்த இடத்திலேயே துப்பியிருப்பார்; எல்லாம் வெளியில் வந்திருக்கும். வைக்கவில்லை. உப்புத் தண்ணீரை நாங்கள் இறைத்துப் பனையடியில் ஊற்றினோம்; போத்தல் கொழும்புக்கு ரயிலேறியது. மூன்று வாரத்தில் பதில் வந்தது. அளவுக்கு மிஞ்சின உப்பு. கொண்டெம்.

பலகையைப் பார்த்த நாளிலிருந்து நான் ஷெட்டில் எல்லோரிடமும் பாய்ந்துகொண்டிருந்தேன். இங்கிலீசுக்காரனை ஏசினேன். போத்தலை ஏசினேன். வியாழக்கிழமை சிலாவத்துறை காசிம் காக்கா — முஸ்லிம் ஆட்கள் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவார்கள் — கருவாட்டுச் சிப்பம் ஏற்ற வந்தார். நான் ஷெட்டில் சேருமுன்பிருந்தே, இருபது வருசப் பழக்கம். அவரிடமும் தொடங்கினேன். முழுவதையும் கேட்டார். உப்புக் கதை வரைக்கும்.

"உப்பப் போட்டது நீங்க. மறைச்சது நீ. அப்ப ஏன் சவிரி அந்தாள ஏசுறாய்?" என்றார்.

"அவர் சிரிப்பாரெண்டுதான் காக்கா…"

"சிரிச்சா? எங்கட லெப்பை ஓதி ஊதித் தந்த தண்ணிய நான் சர்க்கார் கச்சேரி வாசல்லயும் வெச்சுக் குடிப்பன். எவன் சிரிச்சா எனக்கென்ன? நீ கும்பிட்டுப் போட்ட உப்ப நீயே வெக்கப்பட்டு ஒளிக்கிறாய்… அல்லாஹ்! புள்ளத்தாச்சிய முக்கால் மைல் நடக்க வெச்சிட்டு, இஞ்ச நிண்டு என்னட்ட கத்துறாய். போ மனுசா, போய்ச் சொல்லு!"

வேலையிடத்தில் அத்தனை பேருக்கும் முன்னால். சரியாகத்தானே சொன்னார்.

வெள்ளிக்கிழமை லீவு போட்டுக்கொண்டு அந்த உத்தியோகத்தரின் கந்தோருக்குப் போனேன். கதிரை காட்டினார், நான் இருக்கவில்லை. நின்றுகொண்டே சொன்னேன். உப்பு, செபமாலை, பாய், பட்டை, பனையடி… எல்லாம். கடைசியில், "என்ரை தங்கச்சி சொல்ல வந்தவ. நான்தான் வாயை மூடவைச்சனான்," என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. அதுதான் எனக்கு அடி. அவருடைய முகம் சிவந்து போயிற்று.

"ஏன் காணும் அண்டைக்கே சொல்லேல்லை?"

"நீங்கள் சிரிப்பியள் எண்டு…"

"நான் சிரிச்சனானோ?"

"அந்தோனியார் படத்தைப் பாத்து."

பேனையை மூடி வைத்தார். பிறகு தொப்பியை எடுத்தார். "வாரும், போவம்," என்றார்.

கிணற்றடிக்கு வந்தோம். பலகை அடித்த பிறகு அங்கே யாரும் அள்ளுவதில்லை. அள்ளினால் கோட்டுக்கு ஏற்றுவார்கள் என்று பியூன் பயமுறுத்திவிட்டுப் போயிருந்தான். நான் ஒரு பட்டை அள்ளி ஊற்ற, அவர் இரண்டு கையாலும் ஏந்திக் குடித்தார். இன்னும் ஊற்றச் சொன்னார். மீசையைத் துடைத்தார்.

"நல்ல தண்ணி."

"அப்ப பலகையைக் கழட்டுவம் ஐயா?"

"அதெப்பிடிக் கழட்டுறது? கொழும்பிலை எழுதினது."

"நீங்கள்தானே இப்ப குடிச்சனீங்கள்!"

"என்ரை நாக்குக்கு அதிகாரமில்லை காணும்," என்றார். "கொண்டெம் எண்டு எழுதுறதுக்கு என்னட்டை அச்சடிச்ச போம் இருக்கு. அதை இல்லையெண்டு எழுத ஒரு போமும் இல்லை. இன்னொரு போத்தல் அனுப்புறன். மறுமொழி வருமட்டும் மணல் போடாமல் நிப்பாட்டி வைக்கிறன். என்னாலை ஏலுமானது அவ்வளவுதான்."

பார்த்தீர்களா? ஒரு கிணற்றைச் சாகடிக்க ஒரு தாள் போதும். உயிரோடிருக்கிற கிணற்றை உயிரோடு இருக்கிறது என்று எழுதத் தாள் இல்லை. இந்தச் சொல்லைக் கண்டுபிடித்தவன் திரும்பி வருகிற பாதையைப் போட மறந்துவிட்டான். குற்றஞ் சாட்டத் தெரிந்த உத்தியோகத்துக்குத் தப்பை ஒத்துக்கொள்ளத் தெரியாதா? இந்தக் கேள்வியை யாரைப் பார்த்துக் கேட்கிறேன் என்று எனக்கே வெட்கமாக இருக்கிறது. நானும் அதே மூன்று வாரம் வாயை மூடிக்கொண்டுதானே இருந்தேன்?

ஆனாலும் ஒன்று. போகும்போது அவர் அந்தோனியார் படத்துக்கு முன்னால் ஒரு கணம் நின்றார். அவர் சைவக்காரர். கும்பிடவில்லை. தொப்பியை மட்டும் கழற்றினார். நான் அதைப் பார்க்காதது போல நின்றேன்.

இரண்டாம் போத்தல் போய்விட்டது. மணல் அப்படியே குவிந்து கிடக்கிறது. தெருக் கோழிகள் அதில் குழி பறித்துப் படுத்திருக்கின்றன. பலகையும் அப்படியே.

மறுமொழி வரும்வரை பிலோமினா வீட்டுத் தண்ணீரை நான்தான் சுமக்கிறேன். விடிய ஐந்து மணிக்கு, ஷெட்டுக்குப் போகும் முன், இரண்டு குடம். ஆம்பிளை குடம் தூக்கி எங்கள் தெரு கண்டதில்லை. ரயில் பாதைக் கிணற்றடியில் பெண்களுக்கு நல்ல கொண்டாட்டம்.

"அண்ணை, இடுப்பை வளையுங்கோ! சாக்கு மூட்டையெண்டு நினைச்சியளோ?"

"தளம்பாமல் நடவுங்கோ அண்ணை, இல்லாட்டி உங்களையும் கொண்டெம் பண்ணிப் போடுவினம்!"

சிரிக்கட்டும். ஒரு சிரிப்புக்குப் பயந்து ஒரு தெருவின் தண்ணீரைக் கொடுத்தவன் நான். இந்தச் சிரிப்பு எனக்கு நல்லது.

சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். சுவாமியார் கேட்டார், மன்னித்தார், மூன்று அருள் நிறைந்த மந்திரம் சொல்லச் சொன்னார். ஐந்து நிமிசத்தில் எல்லாம் முடிந்தது.

பிலோமினா குடத்தை வாங்கி உள்ளே வைத்துவிட்டு இன்னும் என் முகத்தைப் பார்க்காமல்தான் கதவைச் சாத்துகிறாள்.