நார்வேக்காரரின் பதிலைக் கேளாமல் போனவர்

செவ்வாய்க்கிழமை காலை கனகசபை தொலைபேசியில் அழைத்தார். அமெரிக்காவில், பிஸ்கட்டவே நகரில் எங்கள் தெருக்காரர்.

"சார், அண்ணை மோசம் போயிட்டார். ஆஸ்பத்திரியில இருந்து கதைக்கிறன். இந்த முறை நான் பிந்தாமல் சொல்லிப்போட்டன்."

அண்ணை என்றது துரைராசா மாஸ்டரை. யாழ்ப்பாணத்தில் வரலாறு கற்பித்து, ஓய்வுக்குப்பின் மகளுடன் வசிக்க இங்கு வந்தவர். எங்கள் வாசகர் வட்டத்தை நடத்தியவர். இந்த அஞ்சலியை எழுத என்னைவிடத் தகுதியானவர்கள் உண்டு. ஒருவரும் முன்வராததால் எழுதுகிறேன்.

மாஸ்டர் மதித்தது ஓர் எழுத்தாளரை மட்டும். அவர் நார்வே நாட்டவர். ஆட்சிகள் மாறும்போது பகைத்திருந்த அண்டை நாடுகள் எப்படிக் கூடி வேலை செய்யத் தொடங்குகின்றன என்று அவர் எழுதிய மூன்று நூல்களையும் மாஸ்டர் அட்டை கிழியும்வரை படித்திருந்தார். முதல் நூலைச் சுருக்கி நான் வட்டத்தில் கட்டுரை வாசித்தேன்.

"வைத்தியநாதன், நீர் புத்தகத்தைச் சுருக்கேல்லை. தோய்ச்சுக் காயப் போட்டிருக்கிறீர்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். கட்டுரையும் அப்படித்தான் இருந்தது.

அவருக்கு ஒரு கேள்வி இருந்தது. எங்கள் எல்லோருக்கும் அது மனப்பாடம். "ரெண்டு பக்கமும் தாங்கள்தான் காயப்பட்டது எண்டு நம்பினால், ஆர் முதல்ல வாய் திறக்கிறது? மூண்டு புத்தகத்திலயும் இதுக்குப் பதில் இல்லை."

கூடப்பிறந்த தம்பி கனகசபையோடு அவர் பேசுவதில்லை. மாஸ்டருக்கு இதய அறுவை சிகிச்சை நடந்த வாரம் ஊரில் அவர்களுடைய தாயார் இறந்தார். அண்ணன் எழுந்து நடக்கும்வரை கனகசபை அதை மறைத்துவிட்டார். அதன்பின் தம்பி வட்டத்துக்கு வந்தால் மாஸ்டர் எழுந்து போய்விடுவார். தம்பி வருவதை நிறுத்திக்கொண்டார்.

ஒரு குளிர்காலத்தில் அந்த நார்வேக்காரர் பக்கத்துப் பல்கலைக்கழகத்துக்குப் பேச வந்தார். மாஸ்டருக்கும் எனக்கும் கார் ஓட்டத் தெரியாது. பனியில் பஸ்ஸுக்கு நின்றோம். கனகசபை காரை நிறுத்திக் கதவைத் திறந்தார்.

"அண்ணை, ஏறுங்கோ. நான் ஒண்டும் கதைக்க மாட்டன்."

மாஸ்டர் என்னைப் பார்த்தார். "வைத்தியநாதன், டாக்சி கூப்பிட்டனீரோ?"

"இல்லை, சார்."

"அப்ப கதவைச் சாத்தும். குளிர் அந்தாளுக்கு ஆகாது."

நான் சாத்தினேன்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது நாற்காலிகளை மடக்கிக்கொண்டிருந்தார்கள். பேச்சாளர் விமான நிலையத்துக்குப் புறப்பட்டிருந்தார். கனகசபை மட்டும் காத்திருந்தார்.

"அண்ணை, உங்கட கேள்வியை நான் எழும்பிக் கேட்டன். அவர் பதில் சொன்னவர்."

மாஸ்டரின் உதடுகள் அசைந்தன. பிறகு என் பக்கம் திரும்பினார். "பஸ் போயிடும். வாரும்."

அந்த நூல்களை அவர் பிறகு தொடவில்லை. ஒருமுறை மட்டும், "என்ன சொல்லியிருப்பார்?" என்றார்.

"தம்பியைக் கேட்கலாமே, சார்."

"உம்மட யோசனையை ஆர் கேட்டது?"

நேற்று ஃபியூனரல் ஹோமில் கனகசபை சவப்பெட்டியருகே வெகுநேரம் நின்றார். பிறகு அண்ணனின் காதருகே குனிந்தார்.

"அண்ணை, அந்த நார்வேக்காரருக்கும் தெரியாதாம். நல்ல கேள்வி எண்டு மட்டும் சொன்னவர்."

மாஸ்டர் எழுந்து போகவில்லை.

போய் வாருங்கள், சார்.