மூன்றாவது படிக்கு இறங்கிய என்ஜினியர்

எழுதுவது என் வேலை இல்லை. ப்ளஸ் டூவோடு படிப்பை நிறுத்தியவன், அதையும் கணக்கில் தட்டுத்தடுமாறித் தேறியவன், சமூகவியலைப் பற்றிப் பேசுவது அதிகப்பிரசங்கித்தனம்தான். நாலு பேர் இருக்கும் அறையில் வாய் திறக்காத எனக்கு முகம் தெரியாதவர்கள் படிக்கும் இடத்தில் என்ன வேலை என்று என் மனைவியே கேட்டாள். விஷயம் தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள். பொறுக்க முடியாதவர்கள் பக்கத்தைப் புரட்டிவிடலாம்.

நாங்கள் அமெரிக்காவில் பிளெய்ன்ஸ்பரோ என்ற ஊரில் இருக்கிறோம். மனைவி நர்ஸ். அவளுடைய விசாவில் ஒட்டிக்கொண்டு வந்தவன் நான். ஹார்டுவேர் கடையில் பலகை அறுத்துக் கொடுக்கிற பிரிவில் வேலை பார்க்கிறேன். வார இறுதிகளில் அபார்ட்மென்ட்டுகளில் கட்டில் மாட்டுவேன், சாய்ந்த அலமாரியை நிமிர்த்துவேன். நவராத்திரி வந்தால் தமிழ் வீடுகளுக்குக் கொலுப்படி செய்து கொடுப்பேன். இங்கே கடையில் விற்கும் படிகளில் மரப்பாச்சி நிற்கும், செட்டியார் கடை வைத்தால் முன்னால் சரியும். என் படிகள் சரியாது. என்னைப் பற்றிப் பெருமையாகச் சொல்லிக்கொள்ள இருப்பது அவ்வளவுதான்.

எங்கள் மகள் பதினோராவது படிக்கிறாள். மருந்து ஆராய்ச்சிக்கூடம் ஒன்றில் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுக்கிறார்கள். அதில் சேர வேண்டும் என்பது அவள் இரண்டு வருட ஆசை. அதற்குத் துறையில் இருக்கும் ஒருவர் பரிந்துரைக் கடிதம் தர வேண்டும். எங்களுக்குத் தெரிந்த அப்படிப்பட்டவர் ஒரே ஒருவர்தான். பெரிய மருந்து கம்பெனியில் விஞ்ஞானி, அறுபதை நெருங்கியவர், எங்கள் பக்கத்துக் காலனியில் தனி வீடு. நான் சார் என்பேன், மகள் அங்கிள் என்பாள். கோடை முழுவதும் சனிக்கிழமைதோறும் அவர் வீட்டுக்குப் போய் அவருடைய பழைய ஆய்வுக் காகிதங்களை ஸ்கேன் பண்ணிக் கொடுத்தாள். "லெட்டர்தானே, போட்டுடலாம்மா" என்று ஒவ்வொரு சனிக்கிழமையும் சொன்னார். விண்ணப்பிக்கக் கடைசி நாள் ஒரு திங்கட்கிழமை, மாலை ஐந்து மணி. அதற்கு முந்தைய வாரம் நவராத்திரி ஆரம்பித்தது. அது நெருங்கும் வரையிலும் கடிதம் வந்திருக்கவில்லை. அவருடைய கொலுப்படி வேலை வந்தது.

"இந்த வருஷம் சும்மா பொம்மை அடுக்கறது இல்ல. தீம் கொலு. சமுதாய வளர்ச்சி" என்றார். ஒன்பது படி, கீழே அகலம், மேலே போகப் போகக் குறுகல். நான் அளவெடுக்கும்போது அவர் பின்னாலேயே நின்று பாடம் நடத்தினார்.

"கொலுங்கறதே எவல்யூஷன்தான், தெரியுமில்ல? கீழ ஓரறிவு, புல்லு பூண்டு. அப்புறம் சங்கு, எறும்பு, மிருகம், மனுஷன். வெள்ளைக்காரன் நேத்து கண்டுபிடிச்சதை நம்மாளு அன்னிக்கே படி போட்டு வச்சுட்டான். நான் என்ன பண்றேன்னா, மனுஷனுக்குள்ளயும் படி பிரிக்கிறேன். சயின்டிஃபிக்கா."

"சரிங்க சார்" என்றேன்.

பெட்டியிலிருந்து பொம்மைகளை எடுத்து வரிசை காட்டினார். முதல் இரண்டு படியில் செடியும் மிருகமும். மூன்றாவதில் குறவன், குறத்தி. நான்காவதில் ஆடு மாடு மேய்ப்பவர்கள். ஐந்தில் ஏரும் உழவனும். ஆறில் செட்டியார், கடை சகிதம். ஏழில் ரயிலும் ஒரு தொழிற்சாலையும். எட்டாவதில் கோட்டு போட்ட என்ஜினியர் பொம்மை, மடியில் தீப்பெட்டி அளவு லேப்டாப். அதற்கு மேல் சாமிகள். ஒவ்வொரு படிக்கும் ஒரு அட்டை அச்சடித்து வைத்திருந்தார். மூன்றாவது படிக்கான அட்டையில் 'வளராத நிலை' என்று இருந்தது.

குறத்தி பொம்மையின் இடுப்பில் கூடை. என் அம்மா கரூர் பஸ் ஸ்டாண்டில் விற்றது அதே மாதிரிக் கூடைதான், அவள் முடைந்தது. ஊரில் எங்களைக் கூப்பிட்ட பெயரும் அந்தப் பொம்மையின் பெயர்தான், கூடவே இரண்டு கெட்ட வார்த்தையோடு. இங்கே வந்த பிறகு யார் கேட்டாலும் "கரூர் பக்கம்" என்பதோடு நிறுத்திக்கொள்வேன். அதற்கு மேல் யாரும் கேட்டதில்லை. கேட்காமல் இருப்பது நாகரிகம் என்று அவர்கள் நினைத்தார்கள். தப்பித்தோம் என்று நான் நினைத்தேன்.

சமூகவியலுக்கு வருகிறேன். என் மகள் பள்ளி மூலமாகக் கம்யூனிட்டி காலேஜில் மாலை வகுப்பாக அதைப் படிக்கிறாள். அவளுக்கு இன்னும் லைசென்ஸ் இல்லை. நான்தான் கொண்டு விட்டு, இரண்டரை மணி நேரம் பார்க்கிங்கில் காத்திருப்பேன். போன வாரத்துப் பாடம் முடிந்த புத்தகத்தைக் காரில் போட்டுவிட்டுப் போவாள். செல்போனில் அகராதியை வைத்துக்கொண்டு படிப்பேன். ஒரு மாலைக்கு மூன்று பக்கம் நகர்ந்தால் அதிகம்.

நூற்றைம்பது வருடத்துக்கு முன்னால், இங்கிலாந்தில் ராணி ஆண்ட காலத்தில், சில கனவான்கள் நாற்காலியில் சாய்ந்துகொண்டு உலகத்து மனிதர்களை எல்லாம் வரிசைப்படுத்தினார்களாம். உயிர்கள் மாறி மாறி வளர்ந்தன என்று அப்போது ஒரு பேச்சு புதிதாக அடிபட்டது. அதைப் பிடித்துக்கொண்டு சமுதாயமும் ஓர் உடம்பு, அதுவும் எளிய நிலையிலிருந்து சிக்கலான நிலைக்கு வளரும் என்றார்கள். வளர்ந்தவன் பிழைப்பான், வளராதவன் போவான், இடையில் போய் யாருக்கும் உதவக் கூடாது என்றும் ஒருவர் சொன்னார். காட்டில் இருப்பவர்கள் மனித இனத்தின் குழந்தைப் பருவமாம். அவர்களைப் போய்ப் பார்த்தீர்களா என்றால், இல்லை. கப்பலில் போய் வந்தவர்கள் எழுதிய கடிதங்களைப் படித்தார்களாம். அதுவே போதுமானதாக இருந்திருக்கிறது. இப்படித்தான் அந்தப் படிப்பு பால் குடித்து வளர்ந்தது என்று புத்தகம் கொஞ்சம் வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறது.

எனக்குச் சிரிப்பு வந்தது. இத்தனை பேர் இத்தனை ஏணி வரைந்திருக்கிறார்கள், ஒருவராவது தன்னை நடுப்படியில் வரைந்திருக்கக் கூடாதா? எல்லா ஏணியும் வரைந்தவருடைய நாற்காலியில் போய்த்தான் முடிகிறது. உயிர்களைப் பற்றி எழுதிய ஆள்கூட மரம் கிளை விடுகிற மாதிரிதான் படம் போட்டாராம். மரத்தைப் பற்றி எனக்குத் தெரியும். அதில் எங்கே பார்த்தாலும் கிளைதான். நான் ரம்பம் வைத்து அறுத்தால்தான் படி வரும். யாருக்கு எவ்வளவு உயரம் வேண்டும் என்று சொல்கிறார்களோ, அந்த உயரத்துக்கு வரும்.

நம் சார் எலிகளுக்கு மருந்து கொடுத்து, அவை என்ன ஆகின்றன என்று எழுதுகிறவர். ஒரு எலியைப் பற்றி எழுதுவதற்கு ஆயிரம் எலியைப் பார்ப்பார். மனிதர்கள் என்றால் மட்டும் அட்டை அச்சடிப்பதற்கு முன் ஒருவரையும் பார்க்கத் தேவையில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாலை எங்களையும் அழைத்திருந்தார்கள். மனைவிக்கு டூட்டி. நானும் மகளும் போனோம். காரிலேயே சொன்னேன்:

"அங்கிள் என்ன சொன்னாலும் தலையை ஆட்டு. நாளைக்கு அஞ்சு மணி வரைக்கும் ஆட்டு."

"தட்ஸ் சோ ஃபேக், அப்பா."

"ஃபேக்தான். ஆட்டு."

இருபது பேர் இருந்தார்கள். பட்டுப்புடவை, சுண்டல், பாட்டு. எல்லாம் முடிந்ததும் சார் கையில் லேசர் விளக்கோடு எழுந்தார். சிவப்புப் புள்ளி குறவன் நெற்றியில் போய் நின்றது.

"இவங்க ஹன்டர்ஸ். வளராத நிலை. தப்பு சொல்லல, அவங்க அங்கேயே நின்னுட்டாங்க. உலகம் மேல போயிடுச்சு." புள்ளி ஒவ்வொரு படியாக ஏறியது. எட்டாவதில் நின்றதும், "இதோ, நாம" என்றார்.

"சாமிக்கு அடுத்தது சாஃப்ட்வேரா சார்? இங்க பாதிப் பேரு லே ஆஃப்ல இருக்கோம்" என்றார் ஒருவர். எல்லோரும் சிரித்தார்கள்.

"இருந்தாலும் எட்டாவது படிதான்யா" என்று சாரும் சிரித்தார். "படி கட்டினது இவர்தான், கை தட்டுங்க. இவர் பொண்ணு சோஷியாலஜி வேற படிக்கிறா. சொல்லும்மா, கரெக்ட்டா அடுக்கியிருக்கேனா?"

மகள் என்னைப் பார்த்தாள். நான் தலையை ஆட்டு என்று தலையை ஆட்டிக் காட்டினேன். அந்த நேரத்தில் அந்த அறையில் என்னை விடக் கேவலமான ஆள் யாரும் இல்லை.

"அங்கிள், இந்த மாதிரி லிஸ்ட் ஃபர்ஸ்ட் போட்டவங்க நம்மள எங்க வச்சாங்க, தெரியுமா?" என்றாள்.

"எங்க?"

"டாப் ஸ்டெப் அவங்களுக்கு மட்டும்தான். நாம வே டவுன், ரொம்பக் கீழ. உங்க கிரேட் கிராண்ட்ஃபாதரும்தான், அங்கிள். கேன் ஐ ஷோ யூ?"

பதிலுக்குக் காத்திருக்காமல் எட்டாவது படியிலிருந்து என்ஜினியரை எடுத்தாள். ஏழாவதில் தண்டவாளம். ஆறில் செட்டியாரின் அரிசி, பருப்பு, தராசு. ஐந்திலும் நான்கிலும் மாடுகள் அடைத்துக்கொண்டு நின்றன. மூன்றாவதில்தான் இடம் இருந்தது. அங்கே இருந்தவர்களிடம் ஒரு கூடையும் ஒரு வேல்கம்பும் தவிர ஒன்றும் இல்லையே. குறத்திக்குப் பக்கத்தில், லேப்டாப்போடு, உட்கார வைத்தாள்.

"ஐயய்யோ!" என்று சாரின் மனைவி பாய்ந்து வந்தார். "கலசம் வச்சாச்சும்மா! வச்ச பொம்மையை எடுக்கவே கூடாது!"

"சாரி ஆன்ட்டி, எனக்குத் தெரியாது."

நிஜமாகவே அவளுக்குத் தெரியாது. எங்கள் வீட்டில் கொலு வைத்ததில்லை. எனக்குத் தெரியும். படி செய்கிறவனுக்குத் தெரியாமல் இருக்குமா? பத்தாம் நாள் ஒரு பொம்மையைப் படுக்க வைக்கும் வரை எதையும் நகர்த்த மாட்டார்கள்.

சார் சிரித்துக்கொண்டே வந்தார். சிரிப்பு வாயில் மட்டும் இருந்தது. "அது ஓல்ட் தியரிம்மா. வெள்ளைக்காரன் ரேசிஸ்ட், நம்மள தப்பா வச்சுட்டான்" என்று பொம்மையை எடுக்கக் கை நீட்டினார்.

"தொடாதீங்க!" என்றார் மனைவி. "ஒரு தடவை எடுத்ததே அபசகுனம். நீங்க வேற எடுத்து மறுபடி வைக்கணுமா? இருக்கட்டும். பத்தாம் நாள் பாத்துக்கலாம்."

"அதுக்காக இவன் இங்கயே இருக்கணுமா? தீம் என்ன ஆறது?"

"தீமாவது ஒண்ணாவது. கையை எடுங்கன்னா."

அவர் கையை எடுத்தார். எவல்யூஷனை விட மனைவி பெரிய படி. யாரோ இருமினார்கள், யாரோ சுண்டல் கிண்ணத்தைச் சுரண்டினார்கள். சார் என் மகள் பக்கம் திரும்பினார். குரல் மென்மையாக இருந்தது. அந்த மென்மை எனக்குத் தெரியும்.

"நம்மள வச்சது தப்புதான். அதுக்காக ஸ்டேஜே இல்லன்னு ஆயிடுமா? அவங்களப் பாரு, நம்மளப் பாரு. நீயும் நம்ம ஸ்டேஜ்தானேம்மா? உனக்கும் அவங்களுக்கும் என்ன சம்பந்தம்?"

மகள் குறத்தியின் கூடையையே பார்த்தாள். என் பக்கம் திரும்பவில்லை. நாங்கள் யார் என்று அவளுக்குத் தெரியும், என்றைக்கோ சொல்லியிருக்கிறேன். வெளியில் சொல்லாதே என்றும் சொல்லியிருக்கிறேன்.

"சார்" என்றேன்.

என் குரலைக் கேட்டு அவருக்கே ஆச்சரியம்.

"எங்க அம்மா அந்தப் படிதான் சார். கூடை முடைஞ்சு வித்தவங்க. நின்னுடல்லாம் இல்ல. ஒரு நாளைக்குப் பன்னெண்டு மைல் நடந்தாங்க."

அவ்வளவுதான் பேசினேன். வேர்த்துவிட்டது. லே ஆஃப் என்று சொன்னவர் தன் தட்டையே பார்த்துக்கொண்டு, "நல்ல படி சார்" என்றார், என்னிடமா சாரிடமா என்று தெரியவில்லை. சார் லேசர் விளக்கைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, "காபி யாருக்கெல்லாம்?" என்று உள்ளே போனார். நாற்பது வருடம் விஞ்ஞானம் படித்தவருக்கு அந்த நேரத்தில் காபிதான் தோன்றியது. அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை. எனக்கும் பதினெட்டு வருடமாக "கரூர் பக்கம்"தான் தோன்றியது.

ஆன்ட்டி வெற்றிலை பாக்கு கொடுத்தார். மகளுக்குக் குங்குமம் வைத்துவிட்டார். வழியனுப்ப சார் வெளியே வரவில்லை.

காரில் ஏறி வெகுதூரம் போன பிறகு மகள் கேட்டாள், "லெட்டர் போச்சு, இல்லப்பா?"

"ம்."

"ஆர் யூ மேட்?"

"உம்மேல இல்ல."

"ட்வெல்வ் மைல்ஸ், ரியலி?"

"சரியாத் தெரியாது. நான் கூட நடந்ததில்ல" என்றேன். அது உண்மை. பஸ் ஸ்டாண்டில் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று நான் ஸ்கூலுக்கு வேறு தெரு வழியாகப் போனேன்.

மறுநாள் காலை பதினொரு மணிக்கு ஆன்ட்டி போன் பண்ணினார். மூன்றாவது படி லேசாக ஆடுகிறதாம், பொம்மையைத் தொடாமல் சரிபண்ண முடியுமா என்று கேட்டார். போனேன். சார் ஆபீஸுக்குப் போயிருந்தார். பின்பக்கமாகக் கையை விட்டு இரண்டு ஸ்க்ரூவை முடுக்கினேன். என்ஜினியர் குறத்திக்குப் பக்கத்திலேயே இருந்தார். அட்டையை மட்டும் எடுத்திருந்தார்கள். மாலை ஐந்து மணிக்கு விண்ணப்பம் மூடியது. கடிதம் வரவில்லை.