சுமதியின் பாட்டில் நான் வெட்டிய இடம்

செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணி வாக்கில் சூரமங்கலத்திலிருந்து டேனியல் கூப்பிட்டான். கடை வாசலில் பைப் லோடு இறங்கிக்கொண்டிருந்தது. அவன் வாயைத் திறப்பதற்குள், "லோடு எறங்குது டேனியலு, அப்பறம் பேசறேன்" என்று சொல்லி வைத்துவிட்டேன். லாரி காலியாகி, டிரைவருக்கு டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவிட்டுத்தான் திரும்ப அழைத்தேன்.

"அண்ணா, சுமதி எறந்துட்டாங்கண்ணா. வேலைக்குப் போற வழியில நெஞ்சு வலி. ஆஸ்பத்திரி போறதுக்குள்ள முடிஞ்சிருச்சு" என்றான்.

அவள் போய்ச் சேர்ந்த பிறகும் ஒரு மணி நேரம் நான் பைப்புக்கு இடம் ஒதுக்கிக்கொண்டிருந்திருக்கிறேன். அவன் முதல் தடவை கூப்பிட்டபோதே கேட்டிருந்தாலும் ஒன்றும் மாறியிருக்காது. ஆனாலும் அந்த ஒரு மணி நேரம் உறுத்துகிறது.

சுமதியை மேடையில் மட்டும் பார்த்தவர்களுக்கு அவளுடைய பகல் வேலை தெரிந்திருக்காது. மல்லசமுத்திரத்தில் ஒரு எடைமேடையில் எடைச் சீட்டு எழுதுகிற வேலை. மரவள்ளிக் கிழங்கு லாரியும் பருத்தி வண்டியும் ஏறி இறங்க, நாள் முழுக்க ஒரு தகரக் கூண்டுக்குள் உட்கார்ந்திருப்பாள். விடுமுறை நாட்களில் 'ஆழ்துளை' என்ற பாட்டுக் குழுவின் பாடகி. பாட்டுக் கட்டியதும் அவள்தான், குழுவை நடத்தியதும் அவள்தான். ரயில்வே குடியிருப்பில் வளர்ந்த டேனியல் கிதார் வாசித்தான். மூன்றாவது ஆள் நான். திருச்செங்கோட்டில் போர்வெல்லுக்குக் கேசிங் பைப் விற்கிறவன்.

பைப் வியாபாரி பாட்டுக் குழுவில் சேர்ந்த கதையைச் சொல்லியாக வேண்டும். ஒருநாள் மத்தியானம் கடைக்குள் வந்தவள், அடுக்கி வைத்திருந்த பிவிசி பைப்புகளின் வாயில் தன் ரப்பர் செருப்பைக் கழற்றி ஒவ்வொன்றாக அடித்துப் பார்த்தாள்.

"ஏனுங்க அம்மிணி, பைப்பு என்ன பண்ணுச்சு உங்கள?" என்றேன்.

"சுருதி பாக்கறேனுங்க."

"இங்க இஞ்சுக் கணக்குலதான் விக்கறமுங்க. சுருதிக் கணக்குல இல்ல."

"அப்ப வெட்டிக் குடுங்க. ரெண்டு வெரக்கட கம்மியாவே வெட்டுங்க. வெரக்கட கொறஞ்சா சத்தம் ஏறும்."

கிறுக்கு என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனாலும் ஆக்சா பிளேடை எடுத்து வெட்டினேன். அவள் அடித்தாள். "இன்னும் ஒரு நூலு." வெட்டினேன். ஐந்தாவது பைப்பில், அவள் சொல்வதற்கு முன்பே, "இது சேரலீங்க, உள்ள கீறல் இருக்குது" என்று நானே ஓரமாக வைத்தேன். தட்டிப் பார்த்தே கீறல் கண்டுபிடிப்பது எங்கள் தொழிலில் சாதாரணம். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "அண்ணனுக்குக் காது இருக்குது. இத்தன நாளா அதுக்குத் தீனிதான் போடல" என்றாள். அடுத்த மாதம் அவளோடு மேடையில் நின்று, இரண்டு கையிலும் செருப்பை வைத்துக்கொண்டு பைப் அடித்தேன். என் வீட்டில் ஒரு வாரம் யாரும் என்னோடு பேசவில்லை.

எங்கள் பாட்டு என்ன வகை என்று கேட்பவர்களுக்கு என்னால் பதில் சொல்ல முடிந்ததில்லை. களை எடுக்கிற பெண்கள் பாடுகிற மெட்டை எடுத்துக்கொள்வாள். அதன் நடுவில் லாரி ரிவர்ஸ் எடுக்கிற சத்தத்தைக் கிதாரில் கொண்டுவரச் சொல்வாள். ஒப்பாரியைக் கும்மியின் வேகத்துக்கு ஓட்டுவாள். முதல் இரண்டு வருடம் எங்களைக் கூப்பிட்டவர்கள் யாரும் இரண்டாம் முறை கூப்பிடவில்லை. கல்யாண வரவேற்பு ஒன்றில் பெண்ணின் தாய்மாமன் வந்து, "சினிமாப் பாட்டு ஒண்ணாச்சும் தெரியுமுங்களா, இல்ல பூராவும் பைப்புத்தானுங்களா?" என்று கேட்டார். "பைப்புத்தானுங்க, கல்யாணத்துக்கு நல்லது, தண்ணி வசதியான ஊட்டுக்குப் பொண்ணு போகும்" என்றாள் சுமதி. அவர் சிரித்துவிட்டார்.

குமாரபாளையத்தில் நடந்ததும் மறக்கவில்லை. மண்டபத்துக்குப் பின்சுவரை ஒட்டி விசைத்தறிக்கூடம். நாங்கள் ஆரம்பித்ததும் தறிச் சத்தத்தில் பாட்டு எடுபடவில்லை. ஏற்பாடு செய்தவர், ஓட்டுகிறவர்களிடம் சொல்லி ஒரு மணி நேரம் நிறுத்தச் சொல்கிறேன் என்று எழுந்தார். சுமதி மைக்கிலேயே அவரைத் தடுத்தாள். "அவிய பொழப்ப நிறுத்திப்போட்டு எம் பாட்டக் கேக்கோணுமுங்களா? உக்காருங்க." பிறகு சுவர்ப் பக்கம் திரும்பி நின்று தறியின் வேகத்தைப் பிடித்தாள். எங்கள் இருவரையும் வாசிக்க வேண்டாம் என்று கைகாட்டினாள். மூன்று பாட்டுகளை அந்தத் தறிச் சத்தத்தின் மேலேயே பாடினாள். கூட்டம் முடிந்து வெளியே வந்தால், பின்பக்க ஜன்னலில் தறிக்காரர்கள் முறை வைத்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

இனி அந்தப் பாட்டுக்கு வருகிறேன்.

சுமதி பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தபோது அவள் அப்பா தோட்டத்தில் போர் போட்டார். துளை போடுகிற ரிக் லாரி ராத்திரி பகலாக ஓடியது. சொன்ன அடி ஆழம் போயும் தண்ணீர் இல்லை, வெள்ளைப் புழுதிதான் பறந்தது. கடைசியில் கம்ப்ரசரை நிறுத்தினார்கள். அப்படி நிறுத்தியதும் வருகிற அமைதி எங்கள் பக்கத்துக் குடியானவர்கள் எல்லோருக்கும் தெரியும். கேசிங் வாயில் காதை வைத்து, உள்ளே எங்காவது கசிகிறதா என்று கேட்பார்கள். சுற்றி நிற்பவர்கள் மூச்சு விடமாட்டார்கள். அப்படித் தன் அப்பா நின்றதைத்தான் சுமதி பாட்டாகக் கட்டினாள். பாட்டு ஏறிக்கொண்டே போய், "சத்தம் நின்னு போச்சு சாமி, சத்தங்காட்டாம நில்லு" என்ற இடத்தில் சட்டென்று நிற்கும். கிதார் இல்லை, பைப் இல்லை, குரலும் இல்லை. அவள் கூட்டத்தைப் பார்த்தபடி நிற்பாள். நீண்ட நேரம் கழித்துத்தான் அடுத்த அடி வரும்: "வெள்ளப் புழுதி மேல எம்புள்ள கால் தடம்."

இதை முதல்முறை மல்லசமுத்திரம் பக்கத்தில் ஒரு கோயில் பண்டிகையில் பாடினோம். பாட்டு நின்றதும், மைக் செட்டுக்காரர் ஆம்ப்ளிஃபயர் போய்விட்டது என்று பதறி ஒயரைப் பிடுங்கிப் பிடுங்கிச் சொருகினார். ஆனால் முன்வரிசையில் இருந்த குடியானவர்கள் அசையவில்லை. அவர்களில் ஒரு பெரியவர் மெதுவாக எழுந்து நின்று, பக்கத்தில் இருப்பவரிடம் கேட்பது போல, "தண்ணி வந்துச்சா சாமி?" என்றார். யாரும் சிரிக்கவில்லை. எனக்கு அடிக்க வேண்டிய தாளம் மறந்துபோனது.

அந்தப் பாட்டைச் சேலத்தில் ஒரு ஸ்டுடியோவில் பதிவு செய்தோம். இணையத்தில் போடும் வேலை என் பொறுப்பு. நான் கேட்டுப் பார்த்தேன். நடுவில் ஒன்றும் இல்லாத நீளமான இடம். ஃபோனில் கேட்பவன் பாட்டு முடிந்தது என்று விரலால் தள்ளிவிட்டுப் போய்விடுவான் என்று தோன்றியது. கடையில் சும்மா கிடக்கிற இடத்தைப் பார்த்தால் என் கை சும்மா இருக்காது. சுமதி எடைமேடையில் இருந்த நேரத்தில், ஸ்டுடியோக்காரர் பக்கத்தில் உட்கார்ந்து அந்த இடத்தை முழுக்க வெட்டி, இரண்டு முனையையும் ஒட்டச் சொன்னேன். அவளிடம் கேட்கவில்லை. கேட்டால் வேண்டாம் என்பாள் என்று தெரியும்.

பாட்டு ஓடியது. பெங்களூரிலிருந்தும் சென்னையிலிருந்தும் கூப்பிட்டார்கள். எடைமேடையில் நின்ற ஒரு லாரி டிரைவர் ஃபோனில்தான் சுமதி அதை முதலில் கேட்டிருக்கிறாள். சாயங்காலம் கடைக்கு வந்தாள்.

"பாட்டு நல்லா ஓடுதுங்களாமா."

"பாத்தீல்ல அம்மிணி, ஓடும்னு நான் சொன்னனல்ல?"

"எங்கப்பன் நின்ன எடத்த எடுத்துப்போட்டீங்களேங்கண்ணா."

நான் வியாபாரம் பேசினேன். இந்தக் காலத்து ஆட்களுக்குப் பொறுமை கிடையாது, மேடையில் வேண்டுமானால் முழுசாகப் பாடிக்கொள்ளலாம், இது அது என்று அடுக்கினேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "சேரிங்க" என்று கிளம்பிப் போனாள். சண்டை போட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

வெட்டியதன் பலன் ஒரு கல்லூரி விழாவில் தெரிந்தது. "சத்தங்காட்டாம நில்லு" என்று பாடி நிறுத்தினாள். நிறுத்திய அதே நொடியில் அரங்கம் முழுக்க ஒரே குரலாக "வெள்ளப் புழுதி மேல" என்று அடுத்த அடியைப் பாடிவிட்டது. தங்களைப் பாடச் சொல்லித்தான் நிறுத்தினாள் என்று பிள்ளைகள் நினைத்துக்கொண்டார்கள். பாடி முடித்துத் தங்களுக்கே கைதட்டிக்கொண்டார்கள். சுமதி சிரித்த முகத்தோடு மிச்சத்தைப் பாடி முடித்தாள். திரும்பும்போது வேனில் சங்ககிரி வரை ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாள். அப்புறம் சொன்னாள்: "அவிய மேல தப்பில்லீங்கண்ணா. நீங்க கத்துக்குடுத்ததத்தான் பாடறாங்க."

அதோடு அந்தப் பாட்டை மேடையில் பாடுவதை நிறுத்திவிட்டாள். எல்லா ஊரிலும் அதைத்தான் கேட்டார்கள். தொண்டை சரியில்லை என்பாள்.

முழுப் பாட்டையும் மறுபடி பதிவு செய்யலாம் என்று என்னிடம் பல தடவை கேட்டாள். பழைய பதிவு ஸ்டுடியோவில் அழிந்துபோயிருந்தது. "சீசன் முடியட்டும் அம்மிணி" என்பேன். கோடையில் போர் வேலை அதிகம், எனக்கு நேரமில்லை. மழைக்காலத்தில் வேறு காரணம் சொன்னேன். உண்மையான காரணத்தை இப்போது சொல்வதில் எனக்கு நஷ்டமில்லை. இன்னொரு பதிவு வந்தால், முதலில் நான் செய்தது தப்பு என்று ஊருக்கே தெரியும். அதற்குத்தான் இழுத்தடித்தேன்.

கடைசியில் நானே இறங்கி வந்தேன். போன மாதம் ஒரு பைப் மாற்ற வந்திருந்தவளிடம், "பொங்கல் கழிச்சு ஸ்டுடியோவுக்குப் போலாம் அம்மிணி. அந்த எடத்துக்கு எத்தன செகண்டு உடோணும்னு சொல்லு, எழுதிக்கறேன்" என்றேன்.

"செகண்டுக் கணக்கெல்லாம் இல்லீங்கண்ணா. இனி தண்ணி வராதுன்னு எதுத்தாப்புல நிக்கறவிய மொகத்துல தெரியோணும். அப்பத்தான் அடுத்த அடி."

"ஸ்டுடியோவுல எதுத்தாப்புல ஆரு நிப்பா?"

"நீங்க நில்லுங்க. உங்க மொகம் பொய் சொல்லாது. வெல சொல்றப்ப மட்டுந்தான் சொல்லும்."

பைப்பைத் தோளில் வைத்துக்கொண்டு சிரித்தபடியே வண்டியைக் கிளப்பிப் போனாள். நான் அவளைக் கடைசியாகப் பார்த்தது அப்போதுதான்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு நானும் டேனியலும் போயிருந்தோம். சாமியானா போட்டிருந்த வாசலில், சொந்தக்காரர் ஒருவர் ஸ்பீக்கரில் அந்தப் பாட்டைப் போட்டார். வெட்டிய பாட்டு. நான்கைந்து பேர் கூடவே முணுமுணுத்தார்கள். முடிந்ததும் சுமதியின் அப்பா நாற்காலியை என் பக்கம் நகர்த்திப் போட்டு உட்கார்ந்தார். மகள் பாட்டைக் கோயில் பண்டிகையில் ஒரே ஒரு தடவை கேட்டவர்.

"நடுவுல ஒரு எடம் வருமே சாமி. வல்லியே?"

"நான்தானுங்க எடுத்துட்டேன்."

"ஏனுங்க?"

"சும்மா கெடக்குதுன்னு நெனச்சுட்டேனுங்க."

அவர் பாட்டு நின்றிருந்த ஸ்பீக்கரைத் திரும்பிப் பார்த்தார்.

"நீங்க நின்ன எடமாச்சுங்களே. பெரிய தப்புப் பண்ணிட்டேன்" என்றேன்.

"நானா?" என்று நிமிர்ந்தார். "நான் எங்க சாமி நின்னேன்? கம்ப்ரசர் நின்னதுமே எனக்குத் தெரிஞ்சுபோச்சு. துண்ட ஒதறித் தோள்ல போட்டுட்டு ஊட்டப் பாத்து நடந்துட்டேன். அந்தப் புள்ளதான் பைப்புல காத வெச்சுக்கிட்டுக் கெடந்துச்சு. வா கண்ணுன்னாலும் வரல. ரிக்கு வண்டி கெளம்பிப் போயிங்கூட வரல. இருட்டுன பொறகு அவ ஆத்தா போயித்தான் தூக்கிட்டு வந்தா."

பாட்டில் காதை வைப்பது அப்பன். நின்றதும் அப்பன். இத்தனை வருடம் மேடையில் அப்படித்தான் பாடினாள், என்னிடமும் அப்படித்தான் சொன்னாள். தான் காத்திருந்த நேரத்தை அவருக்குக் கொடுத்திருக்கிறாள். அதை அறியாமல் நான் வெட்டினேன். டேனியல் எழுந்து சாமியானாவுக்கு வெளியே போய்விட்டான்.

அவளோடு பழகியவர்கள் ஆளுக்கு ஒரு நினைவு வைத்திருப்பீர்கள். என்னிடம் இருப்பது, ஒட்டிய அந்த இடம்தான். இப்போது தெரிந்து கேட்கிறேன் என்பதால் ஒட்டு காதில் துல்லியமாக விழுகிறது. "நில்லு" என்ற சொல் முடிந்ததும் அவள் மூச்சை உள்ளே இழுக்க ஆரம்பிக்கிறாள். பாதி மூச்சில் என் வெட்டு வந்துவிடுகிறது. அந்த அமைதி முழுக்க விடாமல் பிடித்து வைத்திருந்த மூச்சு அது. அதில் பாதிதான் மிச்சம்.

காலையில் கடை திறந்ததும் ஃபோனில் அந்தப் பாட்டைப் போடுகிறேன். அந்தப் பாதி மூச்சில் விரலை வைத்து நிறுத்துகிறேன். எதிரில் நிற்பவர் முகத்தில் தெரிந்த பிறகுதான் அடுத்த அடி என்றாள். என் எதிரில் யாரும் இல்லை. என் முகத்தில் என்ன தெரிகிறது என்று பார்த்துச் சொல்லவேண்டியவளும் இல்லை. விரலை எடுக்கத் தோன்றாமல் நிற்கிறேன். யாராவது வந்து, "ஏனுங்க, பைப்பு இருக்குதுங்களா?" என்று கேட்கும் வரை.