சளி டப்பாவை நீட்டியவள்

முதலில் ரத்தம் வரவில்லை. மஞ்சளும் பச்சையுமாகக் கெட்டியான சளி மட்டும்தான். விடுதியின் கைகழுவும் தொட்டியில் துப்பிவிட்டுக் குழாயைத் திறந்து, அது போகும்வரை வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நின்றேன். போகவில்லை. ஓட்டையின் விளிம்பில் ஒட்டிக்கொண்டிருந்தது. விரலால் தள்ள வேண்டியிருந்தது. அன்று காலை இட்லியைத் தொடவில்லை.

நான் அப்போது செவிலியர் படிப்பில் கடைசி ஆண்டு. சொந்த ஊர் கீரனூர், விடுதி புதுக்கோட்டையில். மருத்துவம் சார்ந்த படிப்புகளில் இருக்கும் மாணவர்களுக்கு ஒரு தொண்டு அமைப்பு சமூக சேவை ஃபெல்லோஷிப் கொடுத்துவந்தது. தேர்வானவர்கள் ஓராண்டு, வாரத்தில் இரண்டு நாள் கிராமங்களுக்குப் போக வேண்டும். எனக்குக் கிடைத்தது காசநோய். கந்தர்வக்கோட்டைப் பக்கத்து ஊர்களில் வீடு வீடாகப் போய், இருமுகிறவர்களிடம் சளி டப்பாவைக் கொடுத்துப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும். நோய் உறுதியானவர்கள் மாத்திரையை நிறுத்தாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். திட்டத்தின் பெயர் ‘ஒதுக்காதீர்’. பெயர் வைத்தவளும் நான்தான்.

ஆகவே எனக்குத் தெரியாது என்று சொல்வதற்கில்லை. இரண்டு வாரத்துக்கு மேல் இருமல், சாயங்காலக் காய்ச்சல், எடைக் குறைவு என்று எத்தனையோ வாசல்களில் நின்று ஒப்பித்தவள் நான். ஆனால் என் இருமலுக்கு முந்திரித் தோப்புத் தூசி என்று பெயர் வைத்தேன். மருந்துக்கடையில் டானிக் வாங்கிக் குடித்தேன். இரண்டு தோழிகளோடு ஒரே அறையில், கொசுவுக்குப் பயந்து ஜன்னலைச் சாத்திக்கொண்டு தூங்கினேன். இதை எழுதும்போது இன்றும் அருவருப்பாக இருக்கிறது. சளியை நினைத்து அல்ல.

ஆறாவது வாரம் கைக்குட்டையில் ரத்தம் வந்தது. மறுநாள் நெஞ்சக நோய்ப் பிரிவில் போய் உட்கார்ந்தேன். மருத்துவர் ஐம்பது வயதுப் பெண்மணி.

“எத்தனை நாளா இருமல்?”

“ஒரு வாரமா, மேடம்.”

அவர் என் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைப் பார்த்தார். “உன் பேஷன்ட் இப்படிச் சொன்னா நம்புவியா?”

“ஆறு வாரம்,” என்றேன்.

சளி டப்பாவை வாங்கிக்கொண்டு கட்டடத்துக்குப் பின்னால் போனேன். திறந்த வெளியில் இருமித் துப்ப வேண்டும். ஏற்கெனவே இரண்டு பேர் சுவரைப் பார்த்துக் குனிந்து இருமிக்கொண்டிருந்தார்கள். நான் கொடுத்த டப்பாவைப் பரிசோதனைக் கூடத்தில் இருந்தவர் தூக்கிப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தார்.

“இது எச்சில்மா. சளி இல்ல. மூச்ச நல்லா இழுத்து, அடியிலேருந்து இருமுங்க.”

இதே வார்த்தைகளை நான் எத்தனை பேரிடம் சொல்லியிருக்கிறேன், மூக்கைச் சுளித்துக்கொண்டு. இரண்டாவது முறை வந்தது சளிதான். டப்பாவின் வெளிப்பக்கத்தில் வழிந்ததை என் துப்பட்டாவால் துடைத்தேன்.

கிருமி இருந்தது. ரிஃபாம்பிசினுக்கு (காசநோயின் முக்கியமான மருந்து) அடங்கும் வகைதான் என்றார்கள். வலது நுரையீரலின் மேல்பகுதியில் கேவிட்டி (கிருமி அரித்து உண்டாக்கிய பொந்து) இருப்பது எக்ஸ்ரேயில் தெரிந்தது. 

“யார்கிட்டேருந்து வந்திருக்கும், மேடம்?”

“சொல்ல முடியாதும்மா. பஸ், வார்டு, ஹாஸ்டல், எங்க வேணாலும். அதைத் தேடாதே. உன் ரூம்ல இருக்கிறவங்களையும் அம்மாவையும் கூட்டிட்டு வா.”

ஆனால் மனத்துக்குள் நான் ஒருத்தியைப் பிடித்துவிட்டேன். ராசாத்தி. முந்திரிக்கொட்டை உடைப்பவள், முப்பத்தைந்து வயது இருக்கும். நான் கண்டுபிடித்த முதல் நோயாளி. முதல் தடவை போனபோது டீ போட்டுக் கொடுத்தாள். அவள் உள்ளே திரும்பிய நேரத்தில் அதை அடிகுழாய்ப் பக்கம் ஊற்றிவிட்டு, “நல்லா இருந்துச்சுக்கா,” என்று சொல்லி டம்ளரைக் கொடுத்தவள் நான்.

அம்மா வந்து கீரனூருக்குக் கூட்டிப்போனாள். அம்மாவுக்கும் தோழிகளுக்கும் பரிசோதனையில் ஒன்றும் இல்லை. ஆனால் முடிவு வருவதற்கு முன்பே தோழிகள் என் கட்டிலை வராந்தாவுக்குத் தள்ளியிருந்தார்கள். நான் சாப்பிட்டுவந்த தட்டைக் குப்பையில் போட்டிருந்தார்கள்.

மாத்திரை தொடங்கிய முதல் வாரம் முழுக்கக் குமட்டல். சிறுநீர் ஆரஞ்சு நிறத்தில் போயிற்று. கண்ணீரிலும் வியர்வையிலும்கூட அந்த நிறம். அழுது துடைத்தால் துணியில் கறை. என் உடம்புக்குள் இருந்து வரும் எதையும் எனக்குத் தொடப் பிடிக்கவில்லை.

அம்மா வாந்தியைக் கையால் அள்ளித் துடைத்தாள். “தள்ளிப் போம்மா,” என்று கத்தினேன்.

“எங்கிட்டுத் தள்ளிப் போறது? பெத்தவ நான்,” என்றாள் எரிச்சலாக. பிறகு வாளியை எடுத்துக்கொண்டு போனாள்.

ஒரு மாதம் கழித்து மருத்துவமனை வரிசையில் ராசாத்தியைப் பார்த்தேன். அவளுக்கு மாத்திரையில் கடைசி மாதம். கன்னம் பூசியிருந்தது.

“நர்சம்மா, எங்க இங்கிட்டு? ட்யூட்டியா?”

கையில் இருந்த மாத்திரை அட்டையை மறைக்கத் தோன்றியது. அதற்குள் பார்த்துவிட்டாள்.

“எம்புட்டு நாளாச்சு?”

“ஒரு மாசம்க்கா.”

“மூத்திரம் செவப்பாப் போவுதா?”

“போகுது.”

“போவும்,” என்றாள். “அன்னைக்கு நீங்க டீயக் கொட்டுனத சன்னல் வழியாப் பாத்தேன். ஒங்களுக்குன்னு டம்ளர ரெண்டு தரம் சுடுதண்ணியில கழுவிட்டுத்தான் ஊத்துனேன்.”

“மன்னிச்சுக்கங்கக்கா.”

“அது கெடக்கட்டும். ஒங்கள யாரும் அப்புடிப் பண்ணுறாங்களா?”

“பண்றாங்க.”

“ம். நல்லாத்தான் இருக்கு,” என்றாள். சிரிக்கவில்லை. ஆனால் பெஞ்சில் நகர்ந்து இடம் விட்டாள். உட்கார்ந்தேன். 

ஃபெல்லோஷிப்பின் நிறைவு விழாவுக்கு இரண்டு நாள் முன்பு ஒருங்கிணைப்பாளர் தொலைபேசியில் அழைத்தார்.

“உன் ப்ராஜெக்ட்டுக்குத்தான்மா முதல் பரிசு. ஆனா மேடையில சீஃப் கெஸ்ட் பக்கத்துல உட்காரணும். நீயே மெடிக்கல் லைன், உனக்கு நான் சொல்ல வேண்டியதில்ல. சர்ட்டிஃபிகேட்டைத் தபால்ல அனுப்பிடறோம்.”

“சார், மருந்து ஆரம்பிச்சு ரெண்டு மாசம் முடிஞ்சுது. சளியில கிருமி இல்ல. டாக்டர் எழுதியே குடுத்திருக்காங்க.”

“எனக்குத் தெரியும்மா. மத்தவங்களுக்குத் தெரியணுமே.”

மற்றவர்களுக்குத் தெரிய வைப்பதற்குத்தான் என்னை ஓராண்டு ஊர் ஊராக அனுப்பினார்கள். அதைச் சொல்லாமல், “சரி சார்,” என்று போனை வைத்தேன்.

விழாவுக்குப் போனேன். மேடைக்கு அல்ல, பின்வாசல் வழியாக. அரங்குக்கு வெளியே எங்கள் திட்டங்களின் போஸ்டர்களை வரிசையாக மாட்டியிருந்தார்கள். என்னுடையதில் ‘ஒதுக்காதீர்’ என்று பெரிய எழுத்து. அதன் கீழே ராசாத்தி. கண் பிதுங்க, வாய் திறந்து, டப்பாவுக்குள் இருமிக்கொண்டிருக்கிறாள். உதட்டிலிருந்து சளி நூலாகத் தொங்குகிறது. படம் எடுத்தவள் நான். ரிப்போர்ட்டுக்கு என்று மட்டும் சொல்லி, அவள் இருமி முடிப்பதற்குள் எடுத்தது. அந்தப் படத்துக்கு முன்னால் நின்று நாலைந்து பேர் சமோசா தின்றுகொண்டிருந்தார்கள்.

போஸ்டரைக் கழற்றிச் சுருட்டினேன். ஒருங்கிணைப்பாளர் ஓடிவந்தார்.

“என்னம்மா பண்றே? பரிசு வாங்கின போஸ்டர்!”

“இது அவங்க முகம் சார். இங்க மாட்டலாமான்னு அவங்கள நான் கேக்கல.”

“அதைக் குடு இங்க.”

கையை நீட்டினாரே தவிர, நாலடிக்கு இந்தப் பக்கம் வரவில்லை. அந்த நாலடியைப் பார்த்தேன். வேண்டுமென்றே ஒரு தடவை இருமினேன். அவர் பின்வாங்கினார். நான் நடந்து வெளியே வந்துவிட்டேன். பேருந்து நிலையம் போய்ச் சேரும்வரை சிரிப்பாக இருந்தது. கந்தர்வக்கோட்டைப் பேருந்தில் உட்கார்ந்த பிறகு, அந்த இருமலை நினைத்து எனக்கே அருவருப்பாக இருந்தது.

ராசாத்தி போஸ்டரை விரித்து வெகுநேரம் பார்த்தாள். “இம்புட்டு எளச்சுப் போயா இருந்தேன்?” என்றாள். பிறகு நாலாக மடித்து அடுப்பில் வைத்தாள். அது பளபளப்புத் தாள். எரியாமல் சுருண்டு, கெட்ட நாற்றம் விட்டது. இரண்டு பேரும் மூக்கைப் பொத்திக்கொண்டு வெளியே வந்து நின்றோம்.

சான்றிதழ் தபாலில் வந்தது. கிழித்துப் போட்டேன் என்று எழுத ஆசைதான். உண்மையில், வேலைக்கு விண்ணப்பித்தபோது அதையும் இணைத்தேன்.

இதைப் படிக்கும் உங்களில் யாராவது இப்போது முதல் மாத மாத்திரையில் இருக்கலாம். உடம்பு இப்போது அருவருப்பாகத்தான் தோன்றும். நிறமும் குமட்டலும் மருந்தோடு வருபவை, மருந்தோடு போய்விடும். கண் மஞ்சளித்தால் மட்டும் உடனே மருத்துவரைப் பாருங்கள். கொஞ்சம் தேறியதும் நடுவில் நிறுத்திவிடாதீர்கள். சுற்றியிருக்கிறவர்களின் முகச்சுளிப்புக்கு எத்தனை மாதம் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

ஆறு மாதம் முடிந்தது. பொந்து மூடித் தழும்பாகிவிட்டது, அது அங்கேயே இருக்கும் என்றார் மருத்துவர். முன்பெல்லாம் மூச்சு விடுகிறோம் என்ற நினைப்பே எனக்கு வந்ததில்லை. இப்போது பேருந்தில் ஏறினால் எந்த ஜன்னல் திறந்திருக்கிறது, காற்று எந்தப் பக்கம் போகிறது, என்னைக் கடந்து அது யார் மேல் படும் என்று பார்க்கிறேன். நான் வேலை பார்க்கும் விராலிமலை வரை முக்கால் மணி நேரம். அவ்வளவு நேரமும் உள்ளே இழுப்பதும் வெளியே விடுவதும் ஒவ்வொன்றாகத் தெரிகிறது.